பிரான்சு அண்ணே எடுக்காத முகம்

ஈப்போ வெயிலை யாருக்குமே பிடிக்காது. ஆனால் அதன்மேல் ஜென்மப் பகை வைத்திருக்கும் மனிதர் எனக்குத் தெரிந்து ஒருவர்தான். காலையில் கதவைத் திறப்பார், வானத்தைப் பார்ப்பார். பளிச்சென்று இருந்தால் தோட்டத்துத் தமிழில் நாலு வார்த்தை திட்டிவிட்டுத்தான் பல் விளக்கப் போவார். மழை இருட்டிக்கொண்டு வந்தால், தெருவே காயப்போட்ட துணியை எடுக்க ஓடும். இவர் கேமராவை எடுக்க ஓடுவார்.

அவர் பெயர் ஈப்போவில் எங்கள் சிலிபின் பகுதியில் யார் வாயிலும் நுழையாது. அதனால் பிரான்சு அண்ணே. ஆறடி வெள்ளைக்காரர். சொந்த நாடான பிரான்சில் பத்துப் பன்னிரண்டு படங்களுக்கு ஒளிப்பதிவு செய்த பெரிய கை. பல வருஷங்களுக்கு முன்னால் ஒரு சினிமாக் கம்பெனியோடு மலேசியாவுக்கு, சிலிம் ரிவர் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் படம் எடுக்க வந்தார். வேலை முடிந்து கம்பெனி ஊருக்குப் போனது. இவருக்குக் காய்ச்சல், போக முடியவில்லை. காய்ச்சல் இறங்கியபோது தோட்டத்துப் பள்ளிக்கூட டீச்சர்மேல் காதல் ஏறிவிட்டது. டீச்சர் யாழ்ப்பாணக் குடும்பம். ரயில்வேயில் வேலை பார்த்த அப்பா கேட்டாராம்: “ஒரு கிளார்க்காவது கிடைக்கேல்லையோ உனக்கு?”

அண்ணனுக்குத் தமிழ் கற்றுக்கொடுத்தவர்கள் ரப்பர் மரத்தில் பால்வெட்டுகிறவர்கள். அதைத் திருத்தியவர் டீச்சர். பாதிதான் திருந்தியது, மலேசிய ‘லா’வும் ஒட்டிக்கொண்டது. கோயில் தலைவரைப் பார்த்து, “வாங்கோ ஐயா, இருங்கோ” என்று குழைவார். அதே மூச்சில், “டேய் கழுத, தள்ளுடா, வெளிச்சத்த மறைக்காதலா!” என்பார். அதுவும் தலைவரைப் பார்த்துத்தான்.

அடுத்தவர் படத்துக்கு வெளிச்சம் போட்டது போதும் என்று ஒரு படத்தைத் தானே இயக்கவும் செய்தார். அதே தோட்டம், அங்குள்ள தொழிலாளிகளே நடிகர்கள். இவருக்கு மேகம் மூடிய விடியற்காலை வேண்டும். அவர்களோ வெயில் ஏறுவதற்குள் பால்வெட்டி, பாலை நிறுத்துப் போட்டுவிட்டு வீட்டுக்குப் போக வேண்டியவர்கள். மேகம் வந்த நாளில் ஆளில்லை, ஆள் இருந்த நாளில் மேகமில்லை. இப்படி இவர் காத்துக்கொண்டே இருந்ததில் வருஷங்கள் ஓடின. தோட்டத்து நிர்வாகம் ரப்பர் மரங்களை வெட்டிச் சாய்த்துவிட்டுச் எண்ணெய் எடுக்கும் செம்பனையை நட்டுவிட்டது. படத்தின் முதல் பாதியில் கதாநாயகி ரப்பர் மரத்துக்குப் பின்னால் போகிறாள். இரண்டாம் பாதியில் செம்பனைக்குப் பின்னாலிருந்து வருகிறாள். இடையில் நிஜமாகவே அவளுக்கு இரண்டு பிள்ளைகள். தோட்டத்து மண்டபத்தில் ஒரே ஒருமுறை திரையிட்டார்கள். தங்களைப் பார்க்க ஆசையாக வந்த சனம் பத்தே நிமிஷத்தில் கத்த ஆரம்பித்துவிட்டது. “அண்ணே, ஒரே இருட்டா இருக்கு! யாரு மூஞ்சியும் தெரியல!”

அதோடு இயக்குநர் வேலை முடிந்தது. அப்புறம் சிலிபினில் கல்யாண வீடியோ கடை வைத்திருந்த என்னிடம் வந்து சேர்ந்தார். என் கெட்ட நேரம்.

முதல் கல்யாணத்திலேயே மானம் போனது. கெட்டிமேளம் முழங்க, மாப்பிள்ளை தாலியை எடுத்து இரண்டு முடிச்சுப் போட்டாயிற்று. மூன்றாவது முடிச்சுக்கு நாத்தனார் குனிகிறார். “கட்!” என்று ஒரு சத்தம். மேளம் நின்றது. பிரான்சு அண்ணன் மணவறையில் ஏறி, “மாப்ள, கை மறைக்குது. அவுத்துட்டு மறுபடி கட்டு” என்றார். பெண்ணின் அம்மா அப்படியே சரிந்துவிட்டார். நான் ஓடிப்போய் அண்ணன் சட்டையைப் பிடித்து இழுத்தேன்.

“அண்ணே, தாலிக்கு ரெண்டாவது டேக் கிடையாதுலா!”

“ஏன்? நேரம் இருக்குதானே?” என்றார், நிஜமாகவே புரியாமல்.

சாவு வீடுகளுக்கு அனுப்பிப் பார்த்தேன். அங்கே இன்னும் மோசம். ஒரு பெரியவரின் பாடையைத் தூக்கி நாலு அடி வைத்ததும் நடுரோட்டில் நிறுத்திவிட்டார். மேகம் வரட்டுமாம். பத்து நிமிஷம் வரவில்லை. தோள் கொடுத்தவர்கள் வியர்த்து வழிந்துகொண்டு நின்றார்கள். அடி விழப்போகிறது என்று நான் ஒதுங்கியபோது மூத்த மகன் சொன்னார்: “விடுங்கண்ணே. எங்கப்பா எந்த எடத்துக்கும் நேரத்துக்குப் போனதில்ல.”

இப்படிப்பட்டவரின் வீட்டில் டீச்சருடைய முகம் தெரியும் படம் ஒன்றுகூடக் கிடையாது. கல்யாணப் படத்தை அவரே எடுத்தார், கேமராவைத் தானாக எடுக்க வைத்துவிட்டு, டீச்சரோடு ஜன்னலுக்கு முன்னால் நின்று. இரண்டு கறுப்பு உருவங்கள். உயரத்தை வைத்துத்தான் மாப்பிள்ளை எது, பெண் எது என்று சொல்ல முடியும். கைப்பேசி காலம் வந்த பிறகும் யாரையும் எடுக்க விடவில்லை. “எம் பொண்டாட்டிய நான் எடுப்பேன். நல்ல வெளிச்சம் வரட்டும்” என்பார். டீச்சர் இளம்பெண்ணாக இருந்தபோது இவர் சொன்னதைத் தலை நரைத்த பிறகும் சொல்லிக்கொண்டிருந்தார்.

போன வருஷம் டீச்சருக்கு நுரையீரல் கெட்டது. “வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள்” என்று மருத்துவமனையில் சொல்லிவிட்டார்கள். அதற்கு என்ன அர்த்தம் என்று எல்லோருக்கும் தெரியும். அந்த வாரம் பார்த்து இந்தோனேசியக் காட்டுத் தீயின் புகைமூட்டம் வந்தது. ஊரெல்லாம் இருமல், முகக்கவசம், பள்ளிக்கூடங்களுக்கு விடுமுறை. வானம் காலையிலிருந்து மாலைவரை ஒரே சாம்பல். பிரான்சு அண்ணன் துள்ளிக் குதித்தார். “தம்பி, பிரான்சுல கூட இப்படி வெளிச்சம் கிடையாதுலா!” வாசலில் ரம்புத்தான் மரத்தடியில் நாற்காலி போட்டு, டீச்சரைக் கைத்தாங்கலாகக் கூட்டி வந்து உட்கார வைத்தார். உட்கார்ந்ததுதான் தாமதம், டீச்சருக்கு இருமல் பிடித்து மூச்சுத் திணறி, உதடு நீலமாகிவிட்டது. தூக்கிக்கொண்டு உள்ளே ஓடினோம். எல்லா ஜன்னலையும் அவரே சாத்தினார். கேமராவைத் துணியில் சுற்றி அலமாரிமேல் வைத்துவிட்டார். அப்புறம் அதைத் தொடவில்லை.

நாலைந்து நாள் கழித்து டீச்சர் என்னைக் கூப்பிட்டார்.

“தம்பி, நான் போனா மாலை போட ஒரு படம் வேணும். ஐசி அடையாள அட்டையில இருக்கிறதைப் பெருசாக்கிப் போடாதேங்கோ. அதில நான் கள்ளி மாதிரி இருக்கிறன்.”

நான் சமையலறைக்குப் போனேன். அண்ணன் கஞ்சியைக் கிண்டிக்கொண்டிருந்தார். “எடுத்துடுங்கண்ணே” என்றேன்.

“வெளிச்சம் சரியில்ல.”

“எப்பதான் சரியா இருக்கும்?”

கரண்டியை வைத்தார். தாடியெல்லாம் கண்ணீர். “எடுத்துட்டா முடிஞ்சிரும்லா, தம்பி. எடுக்க வேண்டியது ஒண்ணு பாக்கி இருக்குன்னா அவ எப்படிப் போவா?”

நானும் அழுதேன். சொல்வதற்கு என்ன வெட்கம். இத்தனை வருஷம் இந்த மனிதரை எவ்வளவு கேலி செய்திருக்கிறேன்.

திரும்பி வந்து டீச்சரிடம் சொன்னேன். அவர் அசரவில்லை. “உந்தக் கதை எனக்குத் தெரியும். இவர் ஆரும் கத்தினாத்தான் வேலை செய்வார், தம்பி. அந்தப் பன்னிரண்டு படத்திலையும் பக்கத்தில டைரக்டர் எண்டு ஒருத்தன் நிண்டு கத்தினவன். தன்ரை படத்தில கத்த ஆளில்லை, அது செம்பனையில போய் முடிஞ்சுது.” தலையணையைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்தார். நாற்பது பிள்ளைகளை ஒரே சத்தத்தில் உட்கார வைத்த குரல் எங்கிருந்தோ வந்தது.

“இஞ்சேருங்கோ! கேமராவை எடுத்துக்கொண்டு வாங்கோ! இப்பவே!”

சமையலறையில் ஏதோ விழுந்து உருண்டது. வந்து நின்றார், கேமராவோடு. மத்தியானம், சாத்திய ஜன்னல், தலைக்குமேல் குழல்விளக்கு ஒன்று எரிந்துகொண்டிருந்தது. அண்ணன் அதை அண்ணாந்து பார்த்து வாயைத் திறந்தார்.

“லைட்டைப் பாக்க வேண்டாம். என்னைப் பாருங்கோ. கிட்ட வாங்கோ. இன்னும் கிட்ட. முகம் தெரியவேணும்.” மூச்சு வாங்கியது. “ஓடுதோ?”

“ஓம், ஓடுது.”

“நிப்பாட்டாதேங்கோ. நான் சொல்லும்வரைக்கும் எடுங்கோ. முதல்ல மூக்கைத் துடையுங்கோ.”

டீச்சர் நிறுத்தச் சொல்லவே இல்லை. பேசிக்கொண்டே களைத்துத் தூங்கிவிட்டார். அண்ணன் தூங்கும் முகத்தையும் எடுத்துக்கொண்டே நின்றார்.

அன்றிலிருந்து ஒன்பதாம் நாள் டீச்சர் போய்விட்டார். மாலை போட்ட படம் அந்த வீடியோவிலிருந்து எடுத்ததுதான். வாய் பாதி திறந்து, புருவம் சுருங்கி, திட்டிக்கொண்டிருக்கும் முகம். ஒவ்வொரு நரைமுடியும் தெளிவாகத் தெரிகிறது. அவரிடம் படித்தவர்கள் தெலுக் இந்தானிலிருந்தெல்லாம் வந்திருந்தார்கள். படத்தைப் பார்த்த எல்லோரும் அப்படியே டீச்சர்தான் என்று சொல்லிச் சொல்லி அழுதார்கள். பிரான்சு அண்ணன் அன்று யாரையும் தள்ளி நிற்கச் சொல்லவில்லை. நிற்கச் சொன்ன இடத்தில் நின்றார், கொள்ளி வைக்கச் சொன்னபோது வைத்தார்.

இப்போது தனியாக இருக்கிறார். பானையில் சோறு இருக்கும், எடுத்துப் போட்டுச் சாப்பிடமாட்டார். அதனால் தினம் மத்தியானம் ஒரு மணிக்கு நான் போன் போடுகிறேன். டீச்சர் குரல் எனக்கு வராது. என்னால் முடிந்தவரை கத்துகிறேன். “அண்ணே! தட்ட எடுங்க! இப்பவே!”

“கத்தாதடா கழுத” என்பார். பிறகு தட்டு வைக்கும் சத்தம் வரும். அதைக் கேட்ட பிறகுதான் எனக்குச் சோறு இறங்குகிறது.