மச்சானுக்கு ஒரு வரவேற்பு ரீமிக்ஸ்

மச்சான் மலைச்சாமியை ஊர் முன்னால் அசிங்கப்படுத்தாமல் விடுவதில்லை என்று சபதம் எடுத்தேன். கோபம் என்றால் சாதாரணக் கோபமில்லை. சட்டைப் பட்டன் தெறிக்கிற கோபம்.

மச்சான் என்றால் என் மனைவி ரோகிணியின் அண்ணன். போன மாசம் அவர் புது வீட்டுப் பால்காய்ச்சுக்கு நான் ஆசையாகப் போட்ட ரீமிக்ஸைப் பாதியில் நிறுத்தினார். "என்னா மாப்ள, தகரத்த உருட்டுற மாதிரி இருக்கு?" என்றார். பந்தியே இலையை விட்டுவிட்டுச் சிரித்தது. எனக்குச் சோறு இறங்கவில்லை.

இருக்கட்டும். அலங்காநல்லூர்ப் பக்கம் எங்கள் குலசாமி கோயிலில் என் மகளுக்குக் காதுகுத்து. தாய்மாமன் சீரோடு நடந்து வரும்போது ஸ்பீக்கர் அலற வேண்டும். பாட்டு என் பொறுப்பு.

எழுமலை எரிமலை, ஆரப்பாளையம் அருவா. இரண்டு பேரும் ராப் ஜாம்பவான்கள். பதினைந்து வருசமாகப் பாட்டிலேயே ஒருவரை ஒருவர் கிழித்துக்கொள்கிறவர்கள். இருவர் குரலையும் பாட்டிலிருந்து தனியாகப் பிரித்தேன். வெட்டி ஒட்டி, இருவரும் கூட்டணி வைத்து மச்சானைத் திட்டுகிற மாதிரி செய்தேன்.

"மீசையப் பாத்தா சிங்கம்டா" என்பார் எரிமலை.

"பேச விட்டா அசிங்கம்டா" என்பார் அருவா.

கேட்கக் கேட்க வயிறு குளிர்ந்தது. ரோகிணி வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"ரெண்டு நாளா சோறு தண்ணி இல்லாம என்னாங்க பண்றீங்க?"

"ஒங்கண்ணனுக்கு வரவேற்பு."

"அம்புட்டுப் பாசமா?"

"அடக்க முடியல."

"கொரல மட்டும் எப்புடிங்க பிரிக்கிறீங்க?"

பெருமையில் தலைகால் புரியாமல் எல்லாப் பட்டனையும் அமுக்கிக் காட்டினேன். பென்டிரைவையும் அவளிடமே பத்திரமாக வைக்கக் கொடுத்தேன்.

காதுகுத்து அன்று மச்சான் முறுக்கிய மீசையோடு சீர்த்தட்டு ஏந்தி வந்தார். பென்டிரைவைச் சொருகினேன். பீட் அதிர்ந்தது. எரிமலையும் இல்லை, அருவாவும் இல்லை. என் குரல்! அழுகைக் குரல்!

"மச்சான்... நீங்கதான் என் குலசாமி... ஓடி வாங்க... காப்பாத்துங்க, காப்பா காப்பா காப்பாத்துங்க!"

போன தீபாவளிக்கு ரோகிணியோடு நடந்த சண்டையில், சமாதானம் பண்ண வரச்சொல்லி மச்சானுக்கு நான் அனுப்பிய வாய்ஸ் மெசேஜ் அது. பாவி மனுசன் தங்கச்சிக்கு அனுப்பி வைத்திருக்கிறார். கூட்டம் விசிலடித்தது. பென்டிரைவைப் பிடுங்கப் பாய்ந்தேன். அதற்குள் மச்சான் கண்கலங்கி என்னைக் கட்டிப்பிடித்துவிட்டார்.

"இம்புட்டுப் பாசத்த எங்க மாப்ள வச்சிருந்தீங்க? மறுக்காப் போடுங்க!"

மூன்று தடவை போட்டார்கள். எனக்கு உச்சந்தலை கொதித்தது. பல்லைக் கடித்துக்கொண்டு ரோகிணியிடம் போனேன்.

"ஏன்டி இப்புடிப் பண்ண?"

"எங்கண்ணனத் திட்டிப் பாட்டுப் போட்டா விட்ருவேனா?" என்றாள். "ஆனா ஒங்க கொரலத் தனியாப் பிரிக்கிறதுக்குள்ள உசுரு போயிருச்சுங்க. பின்னாடி நான் திட்டுறதுதான் அதவிடச் சத்தமாக் கேக்குது."