கல்சியம் உறிஞ்சும் மாஸ்டர்

வெள்ளவத்தையில் கடலுக்கு இறங்கும் ஒழுங்கை ஒன்றில், காலை ஆறு மணிக்கே வரிசை பெருவீதியான காலி வீதியைத் தொட்டுவிடும். நுகேகொடையிலிருந்து வந்தவர்கள், இரத்மலானையிலிருந்து முதல் பஸ் பிடித்து வந்தவர்கள், புறக்கோட்டையில் கடையைத் திறக்காமலே வந்தவர்கள். திருநீறு பூசிய நெற்றி, தொப்பி போட்ட தலை, சிலுவை தொங்கும் கழுத்து, பிக்கு ஓதிய பிரித் நூல் கட்டிய மணிக்கட்டு. எல்லா மதத்தவரும் இந்த ஊரில் சண்டையில்லாமல் ஒன்றாக நின்றது இரண்டு வரிசைகளில்தான். ஒன்று சமையல் காஸ் வரிசை. மற்றது கண்மணி மாஸ்டரின் வரிசை.

கண்மணி மாஸ்டர் கண்ணிலிருந்து கல்சியம் எடுப்பார். கத்தி இல்லை, ஊசி இல்லை. முதலில் கண்ணில் இரண்டு துளி பன்னீர் விடுவார். பிறகு பேனையளவு நீளமுள்ள ஒரு வெள்ளிக் குழலை இமையோரம் வைத்து மூச்சை உள்ளே இழுப்பார். சுர்ர்ர். அப்புறம் பக்கத்தில் இருக்கும் கறுப்புப் பீங்கான் தட்டில் துப்புவார். டிங். அரிசிக் குறுணி போல ஒரு வெள்ளைத் துணுக்கு. கூட்டம் பெருமூச்சு விடும். கட்டணம் கிடையாது. காணிக்கைப் பெட்டி மட்டும் உண்டு. அதற்கு இரண்டு பூட்டு.

அந்த வரிசையில் கொட்டாஞ்சேனை ஹியூபேட்டும் நின்றார் என்பதுதான் கதை.

ஹியூபேட் சாதாரண ஆள் இல்லை. கப்பல் முகவர் கம்பெனியில் முப்பது வருடம் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். பேய், பில்லி, செய்வினை, சாத்திரம் எல்லாவற்றையும் கிழித்துப் பத்திரிகைகளுக்குப் பதினான்கு கடிதங்கள் எழுதியவர். அவற்றை வெட்டி ஒட்டிய கொப்பி ஒன்று வைத்திருந்தார். கந்தோரில் அவருக்குப் பெயர் 'பகுத்தறிவு'. பல்லி சொல்வதைக் கேட்டு மனைவி ஐறீன் பயணத்தைப் பிற்போட்டால், அன்றைக்கு முழுவதும் அவளுக்கு அறிவியல் வகுப்பு நடக்கும்.

அப்படிப்பட்டவருக்குத்தான் இரண்டு கண்ணிலும் குறுக்காகப் புகை படியத் தொடங்கியது. வெயிலில் கண் கூசியது. மணல் விழுந்தது போல உறுத்தியது. கண் டொக்டர் அஸ்கா பெரிய கருவியில் அவர் நாடியை ஊன்றி, நெற்றியைச் சாய்க்கச் சொல்லிக் கண்ணைப் பார்த்துவிட்டு விளக்கினார்.

"அங்கிள், கண்ணில முன்பக்கத்துக் கண்ணாடி மாதிரி இருக்கிற தோலில கல்சியம் படிஞ்சிருக்கு. பட்டி மாதிரிக் குறுக்கால வந்திருக்கு. மேல் தோலைச் சுரண்டி, மருந்து வெச்சுக் கரைச்சு எடுக்கலாம். அதுக்கு முந்தி, இது ஏன் வந்திச்செண்டு பாக்கணும். இரத்தத்தில கல்சியம் எவ்வளவு, கிட்னி எப்படி, எல்லாம் டெஸ்ட் செய்ங்க. ஏதாவது மருந்து குடிக்கிறீங்களா?"

"ஒண்டுமில்லை டொக்டர்," என்றார் ஹியூபேட் பெருமையாக.

'சுரண்டி' என்ற சொல் மட்டும் அவர் காதில் நின்றுவிட்டது. இரத்தப் பரிசோதனைத் துண்டு மேசை லாச்சிக்குள் போனது. அடுத்த கிழமை அவர் வெள்ளவத்தை வரிசையில் நின்றார்.

ஐறீன் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "பதினாலு கடிதம் எழுதினவர், குழல் வைக்கிறவனிட்டப் போறீங்களோ?"

"உனக்கு விளங்காது. அவர் சாமி எண்டாரா? பேய் எண்டாரா? கல்சியம் எண்டவர்! டொக்டர் சொன்னதும் கல்சியம், இவர் சொல்றதும் கல்சியம். அப்ப இது சயன்ஸ்."

ஒரு சொல் பொருந்தியதும் மூளையைக் கழற்றி வைத்துவிட்டார் மனிதர். பேயை விரட்டுகிறேன் என்று சொல்லியிருந்தால் மாஸ்டரால் ஹியூபேட்டைப் பிடித்திருக்க முடியாது. பகுத்தறிவாளரைப் பிடிக்கப் பகுத்தறிவுத் தூண்டில். இதையெல்லாம் பிறகு எங்களுக்குச் சொன்னவரும் ஹியூபேட்தான்; ஆகவே கூட்டிச் சொல்லும் வேலை எங்களுக்கு இல்லை.

முதல் தடவை நான்கு துணுக்கு வந்தது. ஹியூபேட் அவற்றைச் சின்னப் போத்தலில் போட்டு, திகதி எழுதி, 'வலது 2, இடது 2' என்று லேபல் ஒட்டினார். ஆராய்ச்சி மனப்பான்மை! பன்னீர் பட்ட குளிர்ச்சியில் உறுத்தல் கொஞ்சம் அடங்கியிருந்தது. வீடு திரும்பும்போது தங்கள் வீட்டு ஒழுங்கை முனையில் நின்று, தூரத்துச் சுவரைக் காட்டி, கூட வந்த மனைவியிடம் உரக்க வாசித்தார்.

"பார், தெளிவாத் தெரியுது. 'இங்கே குப்பை கொட்டாதீர்கள். மீறினால் தண்டம்.' ஒவ்வொரு எழுத்தும் தெரியுது ஐறீன்!"

ஐறீன் சுவரைப் பார்த்தாள். கணவனைப் பார்த்தாள்.

"அந்த போர்டைக் கழட்டி மூண்டு நாளாச்சு," என்றாள்.

இந்த இடத்தில் எந்த மனிதனும் விழித்திருப்பான். ஹியூபேட் விழிக்கவில்லை. "போர்ட் இருந்த அடையாளம் தெரியுதெண்டுதான் சொன்னன்," என்று சமாளித்தார். மேலும் மூன்று தடவை போனார். போத்தல் நிறைந்தது, புகையும் அடர்ந்தது. ஒருநாள் தேநீரை மேசையில் ஊற்றிவிட்டு, கோப்பையில்தான் ஊற்றினேன் என்று வாதாடினார். மாஸ்டரோ, "உள்ளே இருக்கிறது மேலே வருகிறது, நல்ல அறிகுறி" என்றார். கண் தெளிந்தால் மாஸ்டரின் திறமை. மங்கினால் நல்ல அறிகுறி. இப்படி ஒரு தொழில் நமக்கு வாய்க்கவில்லையே!

முட்டாள்தனத்துக்குத் துணை தேடுவது மனித இயல்பு. ஹியூபேட் தன் பழைய கந்தோர் நண்பர் வரதராசாவுக்கு டெலிபோன் எடுத்தார். வரதராசா வெள்ளவத்தையிலேயே இருப்பவர், அதிகம் கதைக்காதவர். இருவரும் பத்தொன்பது வருடம் எதிரெதிர் மேசையில் இருந்தவர்கள்.

"வரதர், ஒருக்கா வந்து பாரும். கண்ணுக்கு முன்னால எடுத்துக் காட்டுறார்."

"எனக்கும் இடது கண் வலு மோசம்தான்," என்றார் வரதராசா.

"எவ்வளவுக்குத் தெரியுது?"

"ஒண்டும் தெரியுதில்லை."

"அப்ப கட்டாயம் வாரும்!"

வெள்ளிக்கிழமை காலை இருவரும் உள்ளே போனார்கள். அறையில் முப்பது பேர் சுவரோரம் உட்கார்ந்திருந்தார்கள். மாஸ்டர் வரதராசாவின் இடது கண்ணில் டோர்ச் அடித்துப் பார்த்தார். உதட்டைப் பிதுக்கினார்.

"பழைய கல்சியம். ஆழமாய் வேர் விட்டிருக்கு. ஏன் இவ்வளவு நாளும் விட்டீங்கள்?"

"தெரியாமப் போச்சு மாஸ்டர்."

பன்னீர் இரண்டு துளி. குழல். சுர்ர்ர். டிங். சுர்ர்ர். டிங். மூன்றாவது துணுக்கு முந்தியவற்றைவிடப் பெரிது. கூட்டம் "ஆ" என்றது. ஹியூபேட்டுக்குப் பெருமை தாங்கவில்லை. தானே உறிஞ்சியது போலச் சுற்றிலும் பார்த்தார்.

"இப்ப வெளிச்சம் தெரியுதா?"

"இல்லை மாஸ்டர். இன்னும் எத்தினை இருக்கு?"

மாஸ்டர் மறுபடி டோர்ச் அடித்தார். "ஏழு. அடுத்த வெள்ளி வாங்கோ."

"அடுத்த வெள்ளி எனக்கு வேலை கிடக்கு," என்றார் வரதராசா. கீழ் இமையை விரலால் மெல்ல இழுத்தார். இடது கண்ணைக் கழற்றினார். கறுப்புத் தட்டில், மூன்று துணுக்குக்கும் பக்கத்தில் வைத்தார். "கண் இங்கயே இருக்கட்டும். நீங்கள் ஆறுதலா எடுத்து வையுங்கோ. நான் பிறகு வந்து எடுக்கிறன்."

தட்டிலிருந்து அந்தப் பிளாஸ்டிக் கண் மாஸ்டரை நிமிர்ந்து பார்த்தது.

கூட்டம் எட்டிப் பார்த்தது. பிறகு, தங்க பிரேம் கண்ணாடி போட்ட ஒரு அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டார். "பொய்க் கண்ணிலயே கல்சியம் எடுத்திட்டாரே! என்ன சக்தி!"

நாலைந்து பேர் தலையாட்டவும் செய்தார்கள். மாஸ்டருக்கு உயிர் வந்தது. "ஓம், ஓம், இது சூட்சுமக் கல்சியம்…"

"நல்லது," என்றார் வரதராசா. மேசையில் இருந்த தண்ணீர்ப் போத்தலை எடுத்து நீட்டினார். "ஒருக்கா வாயைக் கொப்பளிச்சுப்போட்டு, இந்தத் தட்டிலயே துப்புங்கோ. பிறகு இவவின்ர கண்ணில எடுங்கோ. நாங்கள் இருந்து பாக்கிறம்."

மாஸ்டர் போத்தலைப் பார்த்தார். கூட்டத்தைப் பார்த்தார். வாயைத் திறக்கவில்லை. கன்னத்துக்குள் நாக்கு ஒருமுறை உருண்டது. பிறகு விழுங்கினார். அந்த மிடறு அறை முழுக்கக் கேட்டது. விழுங்கியது சரியான பாதையில் போகவில்லை போலும், இருமல் பிடித்துக்கொண்டது. இருமலோடு இருமலாக வெள்ளைத் துணுக்குகள் மேசையில் தெறித்தன. ஒன்று, இரண்டு, ஐந்து. யாருடைய கண்ணிலும் குழல் வைக்காமலே!

முன்வரிசையில் இருந்த ரபீக்கா என்ற பெண் ஒன்றை எடுத்து விரலால் நசுக்கிப் பார்த்தாள். அவள் புறக்கோட்டையில் பெயின்ட் கடை வைத்திருப்பவள். "இது சுவர் ஓட்டை அடைக்கப் பூசுற பட்டி. காஞ்சது. என்ட கடையிலயே விக்கிறம்," என்றாள். தங்க பிரேம் அம்மா மெல்ல எழும்பிச் செருப்பைத் தேடினார். மாஸ்டர் பின்கதவைத் தேடினார்.

வெளியே, ரயில் பாதையோரம் நின்று, வரதராசா போத்தல் தண்ணீரில் கண்ணைக் கழுவி மாட்டிக்கொண்டார். ஹியூபேட் கிட்டப் போய்க் கேட்டார்.

"இது எப்ப நடந்தது?"

"துறைமுகத்தில. கம்பிக் கயிறு அறுந்து அடிச்சது. நீர் வேலைக்கு வாறதுக்கு முதல்."

"பத்தொன்பது வருசம் முன்னுக்கு இருந்தனே! எனக்குத் தெரியாதே!"

"அப்ப உமக்குக் கண் நல்லாத்தான் தெரிஞ்சது," என்றார் வரதராசா.

அன்று பின்னேரமே ஹியூபேட் லாச்சியைத் திறந்து அந்தப் பரிசோதனைத் துண்டை எடுத்துக்கொண்டு இரத்தம் கொடுக்கப் போனார். பரிசோதனை முடிவைப் பார்த்த டொக்டர் அஸ்காவின் முகம் மாறியது.

"கல்சியம் சரியான கூட அங்கிள். கிட்னியிலயும் கை வெக்கத் தொடங்கியிருக்கு. உண்மையா ஒண்டும் குடிக்கிறதில்லையா? மருந்து, டொனிக், குளிசை?"

"மருந்து ஒண்டுமில்லை. விற்றமின் மட்டும்தான்."

ஐறீன் கைப்பைக்குள்ளிருந்து இரண்டு பெரிய போத்தல்களை எடுத்து மேசையில் வைத்தாள். கனடாவில் இருக்கும் ஒன்றுவிட்ட தம்பி அனுப்பியவை. ஒன்று கல்சியம். மற்றது கிழமைக்கு ஒன்று விழுங்க வேண்டிய விற்றமின் டி. ஹியூபேட் அதை நாளுக்கு இரண்டு விழுங்கிவந்தார், ஒன்றரை வருடமாக. வட்ஸ்அப்பில் வெள்ளைக் கோட் போட்ட ஒருவர் சொன்ன கணக்கு அது. அந்த ஆள் டொக்டரா, கோட் மட்டும் வைத்திருப்பவரா என்று பதினான்கு கடிதம் எழுதியவர் ஒருநாளும் கேட்கவில்லை.

"மாஸ்டர் வெளியில எடுத்தார், இவர் உள்ளுக்குப் போட்டார்," என்றாள் ஐறீன். "ரெண்டு பேரும் பார்ட்னர் டொக்டர்."

ஹியூபேட்டுக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. மாஸ்டர் ஏமாற்றியது நான்கு வெள்ளிக்கிழமை. தன்னைத் தான் ஏமாற்றியது ஒன்றரை வருடம்.

குளிசைகள் நின்றன. இரத்தத்தில் கல்சியம் இறங்க மூன்று மாதம் பிடித்தது. பிறகு டொக்டர் அஸ்கா கண்ணை மரத்துப்போகச் செய்து, மேல் தோலை நீக்கி, மருந்தில் நனைத்த பஞ்சை வைத்து, குறுக்கே படிந்த அந்தக் கல்சியப் பட்டியைக் கரைத்தார். இரண்டு நாள் நெருப்பாய் எரிந்தது. வலது கண் தெளிந்தது. இடது கண்ணில் மெல்லிய புகை இன்னும் இருக்கிறது. இவ்வளவு பிந்தியதற்கு அது தண்டம் என்கிறார் ஹியூபேட்.

இப்போது நுகேகொடையில் ஒருவர் காதுக்குள்ளிருந்து கல் எடுக்கிறாராம். போன சனிக்கிழமை ஹியூபேட் அங்கே போய் வரிசையில் நின்றவர்களோடு கதைத்தார். ஒரு பெண் கோபமாகக் கேட்டாள்.

"நீங்க என்ன, டொக்டரா?"

"இல்லை மகள். படிச்ச முட்டாள். படிக்காதவன் ஒரு தரம் ஏமாறுவான். நான் காரணம் கண்டுபிடிச்சுக் கண்டுபிடிச்சு நாலு தரம் ஏமாந்தனான்."

இருவர் வரிசையிலிருந்து விலகினார்கள். மற்றவர்கள் ஓரடி முன்னே நகர்ந்து அந்த இடத்தை நிரப்பிக்கொண்டார்கள். கண்ணில் படிந்ததைக் கரைக்க ஆஸ்பத்திரியில் மருந்து இருக்கிறது. மூளையில் படிந்ததற்கு எந்த ஆஸ்பத்திரியிலும் மருந்து இல்லை, ஐயாமாரே, அம்மாமாரே. அதை அவரவர்தான் சுரண்ட வேண்டும். கொஞ்சம் எரியும்.