நாடக மாஸ்டரும் முறிந்த வெண்டிக்காயும்

பாரிஸின் லா சப்பலில் நாடக மாஸ்டரிடம் திட்டு வாங்காத தமிழர் யாராவது இருந்தால், அவர் நேற்றுத்தான் விமானத்தால் இறங்கியிருக்க வேண்டும். பலருக்கு விசாவுக்கு முன்பே அவருடைய திட்டு கிடைத்துவிடும்.

நாங்கள் இருவரும் ஒரே மரக்கறிக் கடையில் வேலை. நான் காசு மேசை, அவர் மரக்கறிப் பக்கம். யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடப் பிள்ளைகளை வைத்துப் பழைய ஆங்கில நாடகங்கள் போட்டவர். அரசனும் கோமாளியும் ஒருவரையொருவர் வாரும் இடங்கள்தான் அவருக்கு வேதம்.

"தூஷணம், ஊத்தைக் கதை பேசுறவன் சோம்பேறி, தம்பி. அந்த நாடகங்களிலை திட்டுறதுக்கு மூண்டு படி. முதல் பட்டம் குடுக்கவேணும், பிறகு குத்தவேணும், கடைசியிலை வணக்கம் சொல்லவேணும்" என்பார்.

எங்கள் சனத்துக்கு நுனி முறித்துப் பார்க்காமல் வெண்டிக்காய் வாங்க வராது. முறித்ததைப் பெட்டியிலேயே போட்டுவிட்டு அடுத்ததை எடுப்பார்கள். மாஸ்டர் விடமாட்டார்.

"வெண்டிக்காய் வதைத்த வீரரே, உம்முடைய மூளையை இப்பிடி முறிச்சுப் பாத்தால் சத்தமே வராது. அவ்வளவு முத்தல். வணக்கம்."

வாங்கிக் கட்டியவர் சிரித்துக்கொண்டே இன்னும் அரைக் கிலோ போடுவார். கல்யாணத்துக்கு மரக்கறி சொல்லியிருந்த ஒருவர் மட்டும் சிரிக்கவில்லை, வேறு கடைக்குப் போய்விட்டார்.

"இனி ஒரு திட்டு என்ரை காதிலை விழுந்தால் உங்களுக்கு இஞ்சை வேலை இல்லை" என்றார் முதலாளி. மாஸ்டருக்கு அது விசா புதுப்பிக்கிற மாதம். வேலை இல்லாவிட்டால் விசாவும் சந்தேகம்தான்.

மறுநாள் முதல் எல்லோரிடமும் மாஸ்டர் சொன்னது ஒன்றுதான்: "வாங்கோ, என்ன வேணும்?" கேட்க எனக்கே பயமாக இருந்தது. "மாஸ்டருக்கு ஏதும் வருத்தமோ?" என்று நாலு பேர் என்னிடம் இரகசியமாக விசாரித்தார்கள்.

மூன்றாம் நாள் லா கூர்னெவிலிருந்து ராணி அக்கா வந்தார். கணவர் இறந்து ஒரு மாதம். வழக்கம்போல வெண்டிக்காயை முறித்தார்.

"ஆறுதலாப் பாருங்கோ அக்கா" என்றார் மாஸ்டர்.

அக்கா கூடையைக் கீழே வைத்தார். "நீங்களுமோ மாஸ்டர்? அவர் போனதிலையிருந்து எல்லாரும் என்னோடை இப்பிடி மெதுவாத்தான் கதைக்கினம். இஞ்சையாவது பழையபடி இருக்குமெண்டு வந்தனான்."

பக்கத்தில் முதலாளி வாழைப்பழம் அடுக்கிக்கொண்டிருந்தார். மாஸ்டர் அவரைப் பார்த்தார். 'வேண்டாம் அண்ணை' என்று நான் தலையாட்டினேன். மாஸ்டர் தொண்டையைச் செருமினார்.

"லா கூர்னெவ் மகாராணியே, உங்களுக்குப் பத்து விரலோ, பத்துக் கத்தியோ? பெட்டியிலை மிஞ்சின ரெண்டு வெண்டிக்காயும் பயத்திலை நரைச்சுப் போச்சுது. வணக்கம்."

அக்கா சிரித்தார். சிரித்துச் சிரித்துக் கடைசியில் அழுதார். முதலாளி கையிலிருந்த பழச் சீப்பைக் கீழே வைத்தார்.

"நாளைக்கு வெண்டிக்காய் ரெண்டு பெட்டி கூட வருது. வேளைக்கு வாங்கோ மாஸ்டர்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார்.

நான் இப்போது சென் தெனியில் ஓர் அலுவலகத்தில் வேலை. எல்லோரும் மிகவும் மரியாதையாகப் பேசுகிறார்கள். சனிக்கிழமைகளில் லா சப்பலுக்குப் போய் மாஸ்டரிடம் ஒரு கிலோ வெண்டிக்காய் வாங்கி வருகிறேன். எனக்கு வெண்டிக்காய் பிடிக்கவே பிடிக்காது.