மூக்குக்கண்ணாடி இல்லாமல் ஒரு வாசிப்பு

உலகத்தில் எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள், படிக்கிறவர்கள் இருக்கிறார்கள். இரண்டிலும் சேராமல் மூன்றாவதாக ஓர் இனம் உண்டு: புத்தகத்தில் தன்னைத் தேடும் இனம். எங்கள் நரீன் ஊரில் இந்த இனம் கொழுத்து வளர்கிறது. குளிர்காலம் நீளம், வேறு வேலை கிடையாது, போதாக்குறைக்கு அய்ஜமால் என்ற எழுத்தாளர் இங்கேயே குடியிருக்கிறார். ஒன்பது நாவல்கள், நான்கு வாழ்க்கை வரலாறுகள். ஒரே தெருவில் உட்கார்ந்து இத்தனை எழுதினால் அக்கம்பக்கத்துக்காரன் சும்மா இருப்பானா?

உதாரணத்துக்கு, ஓய்வுபெற்ற கால்நடை மருத்துவர் ஜுமாதில். அய்ஜமாலின் நாவல் வந்தால் இவர் முதல் பக்கத்திலிருந்து படிக்கமாட்டார். எங்கே மருத்துவர் வருகிறார், எங்கே குதிரை வருகிறது, எங்கே குறட்டை விடுகிறவன் வருகிறான் என்று துழாவுவார். முதல் நாவலின் குதிரைத் திருடன் இவர்தானாம். மூன்றாவதில், மாமனார் வீட்டில் மூன்றாம் தடவையும் கறி கேட்ட மாப்பிள்ளையும் இவரேதானாம். ஐந்தாவது நாவலில் மனிதர்கள் யாருமே ஒத்துவரவில்லை. இரண்டு நாள் வாடிப்போய்ப் படுத்திருந்தார். மூன்றாம் நாள் துள்ளி எழுந்தார்.

"ரகாத், இங்க வா! நாப்பதாம் பக்கத்துல ஒரு நொண்டி ஆடு வருது. இடது கால இழுத்து இழுத்து நடக்குதாம். யாரு நடை இது?"

"ஆட்டு நடைதாங்க," என்றாள் மனைவி.

"என் நடை!"

அப்புறம் தொப்பியை மாட்டிக்கொண்டு ஊர் முழுக்கச் சுற்றி, "மானத்தை வாங்கிட்டாய்யா அந்தப் பொம்பள" என்று புலம்பினார். புலம்பும்போது முகத்தைப் பார்க்கவேண்டுமே, புது மாப்பிள்ளை தோற்றான்! புத்தகத்தில் அந்தப் பக்கத்துக்கு அடையாளமாகக் கம்பளி நூல் வேறு வைத்திருந்தார்.

நாவலில் நீக்கமற நிறைந்திருக்கும் இந்த மனிதர், வாழ்க்கை வரலாறு என்று வந்துவிட்டால் மருந்துக்குக்கூடக் கிடைக்கமாட்டார். குதிரைப் பண்ணை இயக்குநரின் வரலாற்றை அய்ஜமால் எழுதினார். அந்தப் பண்ணையில் ஜுமாதில் பதினோரு வருடம் வேலை பார்த்தவர். புத்தகத்தில் முப்பத்திரண்டு குதிரைகளின் பெயர்கள் இருந்தன. இவர் பெயர் இல்லை. "அப்போ ஊசி போட்டது யாராம்? குதிரையேவா?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான்.

ஆகவே, கொமுஸ் என்னும் நரம்பு வாத்தியம் வாசித்த காலஞ்சென்ற கலைஞர் சதார்குலின் வரலாற்றை அய்ஜமால் தொடங்கியபோது, ஜுமாதில் முந்திக்கொண்டார். சதார்குலும் இவரும் ஒரே வகுப்பு. மூன்று நாள் அய்ஜமாலின் சமையலறையில் உட்கார்ந்து, உப்புத் தேநீர் குடித்துக் குடித்துப் பேசினார். இருவரும் சேர்ந்து நிற்கும் புகைப்படத்தையும் கொடுத்தார். அதோடு நிறுத்தியிருக்கலாம். தலாஸிலிருக்கும் சம்பந்தி அசான்குலுக்குத் தொலைபேசியில், "ஒரு அத்தியாயம் முழுக்க நான்தான் சம்பந்தி" என்று சொல்லிவிட்டார். சம்பந்தி அதைத் தலாஸ் முழுக்கச் சொல்லிவிட்டார். மகளுக்குக் கல்யாணமாகி ஆறு மாதம்கூட ஆகவில்லை. சம்பந்தி முன்னால் இவர் மூக்குடைபட்டால், அவள் அந்த வீட்டில் எந்த முகத்தோடு தேநீர் ஊற்றுவாள்?

வெளியீட்டு விருந்தன்று காலையிலேயே ஒரு பிரதியை வாங்கி இரண்டு தடவை படித்துப் பார்த்தார். அத்தியாயம் இல்லை, வரி இல்லை, பெயர் இல்லை. எண்பத்தெட்டாம் பக்கத்துப் புகைப்படத்தில், கத்தரித்த ஓரத்தில், ஒரு தோள்பட்டை மட்டும் தெரிந்தது. இவருடையது.

மதியம் பெரிய கம்பளிக் கூடாரத்தில் விருந்து. விருந்தாளிகள் ஒவ்வொருவருக்கும் ஒரு புத்தகம். எந்த எலும்பு யார் தட்டில் விழுகிறது என்பதில்தான் எங்கள் ஊர் மரியாதையே இருக்கிறது. தூரத்திலிருந்து வந்த சம்பந்திக்கு இடுப்பெலும்பு வைத்தார்கள். வழக்கமாக இதற்கே ஒரு சண்டை வரும். அன்று யாரும் தட்டைப் பார்க்கவில்லை. கறி ஆறிக்கொண்டிருந்தது, கூடாரம் முழுக்கப் பக்கம் புரளும் சத்தம்.

"சம்பந்தி, அந்த அத்தியாயத்தக் கொஞ்சம் வாசிச்சுக் காட்டுங்களேன்!" என்றார் அசான்குல். "எல்லாரும் கேக்கட்டும்!"

ஜுமாதில் எழுந்தார். புத்தகத்தை ஏதோ ஒரு பக்கத்தில் விரித்தார், இருமினார், வாசிக்கத் தொடங்கினார்.

"பனி இடுப்பளவு கொட்டிய நாள் அது. மறுநாள் போட்டி. சதார்குலின் கொமுஸில் நரம்பு அறுந்துவிட்டது. அப்போது ஓர் இளம் மருத்துவன், ஆட்டுக் குடலைத் தன் கையாலேயே திரித்து நரம்பாக்கி, அதைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு, டோலோன் கணவாயை நடந்தே கடந்தான். அன்று முதல் அவன் இடது கால் நேராக நடக்கவில்லை. அவன் பெயர் ஜுமாதில்."

நடுவில் குரல் உடைந்தது. அழுகை நிஜம். தான் இத்தனை நல்லவன் என்று அவருக்கே அப்போதுதான் தெரியும்.

அய்ஜமால் தன் கையிலிருந்த பிரதியைப் பார்த்தார், ஜுமாதிலைப் பார்த்தார், வாயைத் திறந்தார். அதற்குள் சபையில் மூத்த கிழவர் அழுதுகொண்டே இரண்டு உள்ளங்கைகளையும் ஏந்திவிட்டார். "இந்த டாக்டர் பேரு நிலைக்கணும்! இத எழுதின கை நல்லா இருக்கணும்!" பெரியவர் ஆசி சொல்லி, எல்லோரும் உள்ளங்கையால் முகத்தைத் துடைத்துவிட்டால் எங்கள் ஊரில் பேச்சு முடிந்தது; அப்புறம் மறுப்பது பெரியவரை அவமதிப்பது. எழுதின கைக்காரரும் வேறு வழியில்லாமல் முகத்தைத் துடைத்துக்கொண்டார். சம்பந்தி தன் இடுப்பெலும்பைத் தூக்கி ஜுமாதில் தட்டில் வைத்தார்.

அவ்வளவுதான், அணை உடைந்தது! பள்ளித் தலைமையாசிரியர் எழுந்து நூற்றுமூன்றாம் பக்கத்தில் தன்னைப் பற்றி வாசித்தார். ரொட்டிக்காரி எழுந்து, சதார்குல் கடைசியாகக் கேட்டது தன் ரொட்டியைத்தான் என்று வாசித்தாள். பேருந்து ஓட்டுநர் புத்தகத்தைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு வாசித்தார். ஒவ்வொன்றுக்கும் கிழவர் ஆசி. துடைத்துத் துடைத்து எங்கள் முகங்கள் சிவந்துவிட்டன. அய்ஜமால் மெதுவாகப் பையிலிருந்து குறிப்பேட்டை எடுத்தார்.

வீடு திரும்பும்போது ரகாத் சொன்னாள்: "ஏங்க, உங்க மூக்குக்கண்ணாடி விருந்துக்குக் கிளம்பினதிலேருந்து என் பையிலதான் இருக்கு."

"மனப்பாடம்," என்றார் ஜுமாதில்.

அடுத்த வருடம் பத்தாவது நாவல் வந்தது. அதில் ஒரு விருந்து. இடது காலை இழுத்து நடக்கும் ஒரு கால்நடை மருத்துவர், சம்பந்திக்குப் பயந்து, புத்தகத்தில் இல்லாத அத்தியாயத்தை எழுந்து வாசிக்கிறார். அவருடைய மூக்குக்கண்ணாடி மனைவியின் பையில் இருக்கிறது. நாங்கள் எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தோம். ஜுமாதில் ஒரே மூச்சில் படித்துவிட்டு நேராக அய்ஜமால் வீட்டுக்குப் போனார்.

"ஏம்மா அய்ஜமால், யாரும்மா அந்த ஆளு? கண்ணாடி இல்லாம வாசிக்கிறானாம்! சபையில இப்படிப் புளுகுறவனும் இருப்பானா? சிரிச்சுச் சிரிச்சு வயிறு வலிக்குது!"

"எல்லாம் கற்பனைதாண்ணே."

"ஆனா ஒரு வருத்தம்மா." அவர் கண் கலங்கியது. "இந்தத் தடவ என்னை மட்டும் விட்டுட்டியே."

நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். இதைப் படிக்கும்போது உங்கள் சம்பந்தி, மேலதிகாரி, மாடிவீட்டுக்காரர் என்று நாலு பேர் முகம் வந்துபோயிருக்கும்; யாருக்கு அனுப்பிவைக்கலாம் என்றுகூட யோசித்திருப்பீர்கள். உங்கள் முகம் மட்டும் எங்கேயும் தட்டுப்படவில்லையா? அப்படியானால் மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு, இன்னொரு தடவை முதலிலிருந்து படித்துவிடுங்கள்.