கூடிப்போனாக்காரர்

கூடிப்போனாக்காரர் என்றோர் இனம் நம்மிடையே உலவுகிறது. அவரைக் கேலி செய்யத்தான் போகிறோம். அதற்கு முன்னால் அவர் செய்த ஒரு நல்ல காரியத்தைச் சொல்லிவிடுவோம். இல்லையென்றால் சாமி கண்ணைக் குத்தும்.

ஜீவராணி வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் அது. ஹட்டன் கடைத்தெருவில் நஸார் முதலாளியின் சாப்பாட்டுக் கடைக்கு மேல்மாடியில், மரக்கறி வியாபாரிகளுக்கு மென்பொருள் எழுதித் தருகிறோம் என்று பலகை மாட்டிய ஒற்றை அறைதான் அலுவலகம். திம்புள்ளப் பக்கத்துத் தோட்டத்திலிருந்து பஸ் ஏறி, மழையில் நனைந்து, சாப்பாடும் கட்டிக்கொள்ளாமல் வந்திருந்தாள் பிள்ளை. பகல் சாப்பாட்டு நேரமானதும் எல்லாரும் பார்சலைப் பிரித்தார்கள். இவள் மட்டும் "எனக்குப் பசிக்கல" என்று கணினியையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்போது, செலவுக் கணக்குக்குப் பொறுப்பாக இருந்த சின்னராசா மாமா ஒரு சோற்றுப் பார்சலைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு சத்தம் போட்டார்.

"பாருங்களேன், கணக்குப் பிழைச்சிருச்சு! ஒண்ணு கூடுதலா வாங்கிட்டேன். ஜீவா, நீயாவது தின்னுத் தொலை. வீணாப் போனா பாவம்."

பிள்ளை தின்றாள். பல நாள் கழித்துத்தான் நஸார் முதலாளி சொன்னார்: "அண்டைக்கி உங்கட மாமா கீழ வந்து ஒரு பனிஸத் திண்டு பிளேன்டீ மட்டும் குடிச்சிட்டுப் போன."

சின்னராசா மாமா தன் கணக்குப் பிழைத்துவிட்டதாக வாழ்நாளில் வாய்விட்டு ஒப்புக்கொண்டது அந்த ஒரு தடவைதான். அதுவும் பொய்.

இனி கேலிக்கு வருவோம்.

இந்த இனத்தை நீங்கள் எங்கும் காணலாம். தேர்த் திருவிழாக் கூட்டத்தில், கலியாணப் பேச்சில், தோட்டத்து லயத்து வீட்டுக்குத் தகரம் மாற்றும் யோசனையில், யாராவது ஒருவர் "எவ்வளவு முடியும்?" என்று வாய் திறந்தால் போதும், இவர் தோள் துண்டைச் சரிசெய்துகொண்டு கூரையை அண்ணாந்து பார்ப்பார், ஒரு கண்ணை மூடுவார், உதட்டைப் பிதுக்குவார், பெருவிரலால் மற்ற விரல்களின் கணுக்களை ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டு வருவார், சுண்டுவிரலுக்கு வந்து சேர்ந்ததும் அருள் இறங்கிவிடும். "கூடிப்போனா…" என்று தொடங்கி ஒரு தொகையைச் சொல்வார். அந்தத் தொகை எங்கிருந்து வந்தது? கூரையில் விலைப்பட்டியலா ஒட்டியிருக்கிறது? முருகனுக்குத்தான் வெளிச்சம்.

செலவு குறைந்துவிட்டால், "நான் அப்பவே சொன்னேனே" என்பார். கூடிவிட்டால்? "அது செலவு இல்லப்பா. அது வேற."

இந்த 'அது வேற' இருக்கிறதே, உலகத்துப் பணத்தில் முக்கால்வாசி அதற்குள்தான் போய் விழுகிறது. ஒருமுறை திருவிழாவுக்கு ஜெனரேட்டர் வாடகையைச் சதம் பிசகாமல் மதித்துச் சொன்னவர் இதே மாமாதான். எண்ணெயை மறந்துவிட்டார். தேர் பாதி வழியில் இருட்டில் நின்றது. சனங்கள் போன் வெளிச்சத்தில் அம்மனைக் கோயிலுக்கு இழுத்துக்கொண்டு வந்தார்கள். "ஜெனரேட்டருக்குத்தானே மதிப்புக் கேட்டீங்க? எண்ணெய் வேற" என்றார் மாமா, கொஞ்சமும் கலங்காமல்.

இப்பேர்ப்பட்டவர் மென்பொருள் அலுவலகத்துக்கு எப்படி வந்தார் என்று கேட்பீர்கள். அலுவலகம் யோகேஸ்வரனுடையது. யோகேஸ்வரனின் அம்மாவுக்கு இவர் கூடப்பிறந்த அண்ணன். இதற்கு மேல் விளக்கம் வேண்டுமா?

அந்த வருசம் ராகலையிலிருந்து றம்ஸான் முதலாளி என்ற மரக்கறி மொத்த வியாபாரி ஒரு பெரிய வேலையோடு வந்தார். எந்தத் தோட்டத்திலிருந்து எவ்வளவு போஞ்சி, எவ்வளவு கோவா, எந்த லொறியில் என்று போனிலேயே காட்டும் ஒரு செயலி வேண்டும். செய்து கொடுத்து ஒரு வருசம் ஓட்டித் தரவும் வேண்டும். கூலி வேறு, கருவிச் செலவு வேறு, இரண்டையும் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும் என்றார். அந்த வேலை கிடைத்தால் அலுவலகம் பிழைக்கும். கிடைக்காவிட்டால் யோகேஸ்வரன் அறையைப் பூட்டிச் சாவியைக் கீழே கொடுத்துவிடுவான், ஜீவராணி கொழும்புக்கு வேலை தேடிப் போக வேண்டும். அவளுடைய அம்மா காளியாயிக்குக் கண்ணில் புரை. தனியாக விட்டுவிட்டு எப்படிப் போவது? இரவில் விளக்கு வைக்கும்போதெல்லாம் பிள்ளை கேட்ட வரம் ஒன்றுதான்: ராகலை வேலை.

"மாமா, கருவிச் செலவைக் கொஞ்சம் நிதானமாப் பாப்போம்" என்றாள் ஜீவராணி. "நாங்க எழுதுறத வைக்கிற இடம், எழுதுனத ஓட்டிச் சோதிக்கிற மிஷின், யாரு எந்த வேலையச் செய்யிறதுன்னு காட்டுற பலகை, ஒண்ணும் நம்மகிட்ட இல்ல. எல்லாம் கிளவுட்ல வாடகைக்குத்தான் எடுக்கணும்."

"கிளவுட்னா?"

"மேகம்."

மாமா எழுந்து போய் ஜன்னலைத் திறந்தார். வெளியே நின்ற பனிமூட்டம் கேட்டுக் கேள்வியில்லாமல் உள்ளே வந்து மேசை மேல் உட்கார்ந்தது. "இதுக்கா வாடகை?" என்றார்.

"சிரிக்காதீங்க மாமா. சிலதுக்கு ஓடுற நேரத்துக்குக் காசு. சிலதுக்கு ஆளுக்கு இவ்வளவுன்னு காசு. அதுவும் டொலர்ல."

கூரை. ஒற்றைக் கண். சுண்டுவிரல்.

"கூடிப்போனா மாசம் பதினஞ்சாயிரம்."

"எப்படி மாமா?"

"நஸார் முதலாளியோட இந்த அறைக்கே வாடகை அவ்வளவுதான். செவரு இருக்கு, கதவு இருக்கு, கக்கூசு இருக்கு. மேகத்துல என்னா இருக்கு?"

"குறைஞ்சா இவ்வளவு, கூடினா இவ்வளவுன்னு ரெண்டு தொகையாச் சொல்லுவோமே."

"ரெண்டு தொகை சொன்னா நமக்கே தெரியலன்னு நெனைச்சுக்குவாங்க, மகள். வியாபாரிகிட்ட ஒத்த வெலதான் சொல்லணும்."

பதினைந்தாயிரம் என்றே சொல்லியனுப்பினார்கள். ஆயுத பூசை கழிந்ததும் நேரில் வந்து முடிவு சொல்கிறேன் என்றார் றம்ஸான் முதலாளி.

இங்கேதான் வினை.

அலுவலகத்தில் முதல் ஆயுத பூசை. கணினிகளுக்குச் சந்தனம், பொட்டு, அவல், கடலை எல்லாம் மாமா மதித்தபடியே முடிந்தது. இடித்தது பொன்னாடை. வருகிறவர்களில் யாருக்குப் போர்த்துவது, யாரை விடுவது? நம் பக்கத்துத் திருவிழா நோட்டீசைப் பார்த்திருப்பீர்கள்: அம்மன் படம் தபால் தலை அளவு, பெயர்கள் பாய் அளவு. ஒரு பெயர் விட்டுப்போனால் மூன்று தலைமுறைக்குப் பகை. எல்லாருக்கும் போர்த்தலாம் என்றால் கையைக் கடிக்கும்.

அப்போதுதான் கணினியில் இருந்த அந்த வேலைப் பலகை மாமாவின் கண்ணில் பட்டது. காசு கட்டுகிறவர் என்பதால் அதன் சாவி அவரிடம் இருந்தது. 'உறுப்பினரைச் சேர்க்க' என்று ஒரு பொத்தான். முதல் மாதம் இலவசம் என்று வேறு போட்டிருந்தது. மாமா கூரையைக்கூடப் பார்க்கவில்லை.

பூசை அன்று வந்தவர் பெயரெல்லாம் பலகையில் ஏறியது. கோயில் தலைவர் கணேசமூர்த்தி, நஸார் முதலாளி, அவர் மனைவி ரம்லா, மின்சாரம் இழுத்துக் கொடுத்தவர், தண்ணீர்க் குழாய்க்காரர், ஆட்டோ வினோஜன், வராவிட்டாலும் விட மனமில்லாமல் ராகலை றம்ஸான் முதலாளி, மின்னஞ்சல் இல்லாத பெரியவர்களுக்காக அவர்களுடைய பேரப்பிள்ளைகள். கடைசியில் மாமாவின் மனைவி சண்முகவடிவு. ஊரார் பெயரெல்லாம் இருந்து அவள் பெயர் இல்லாவிட்டால் வீட்டில் சோறு கிடைக்குமா?

"உங்க பேரை மேகத்துல பதிஞ்சாச்சு!" என்று ஒவ்வொருவரிடமும் கைகூப்பிச் சொன்னார்.

தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு இந்தச் சொல்லின் கனம் தெரியும். பேர் பதிந்தால் வேலை உண்டு, லயத்தில் குடியிருக்க ஒரு காம்பரா உண்டு. பேர் வெட்டினால் அடுப்பு அணையும். அதனால் எல்லாருக்கும் மனம் குளிர்ந்தது. வினோஜன் ஆட்டோவில் ஏறினவர்களுக்கெல்லாம் போனைக் காட்டினான். "கம்பெனியில நானும் ஒரு ஆளுங்க."

இலவச மாதம் முடிய ஒரு வாரம் இருக்கையில் ஜீவராணிக்கு ஓர் அறிவித்தல் வந்தது. வாசித்தாள். இன்னொரு தடவை வாசித்தாள். தண்ணீர் குடித்தாள்.

"மாமா, நாங்க நாலு பேரு. இதுல தோட்டத்துல காலையில பெரட்டுக்கு வரிசை கட்டுற அளவுக்கு ஆள் நிக்குதே!"

"அவங்க யாரும் வேலை செய்யலயே, சும்மா பேர்தானே?"

"அந்தப் பேருக்குத்தான் மாமா காசு. வேலை செஞ்சாலும் செய்யாட்டியும் ஆளுக்கு இவ்வளவு, மாசாமாசம். நீங்க சொன்ன பதினஞ்சாயிரம் இந்தப் பலகை ஒண்ணுக்கே காணாது."

"அது வேற…" என்று மாமா வாயெடுத்தார். பிள்ளையின் முகத்தைப் பார்த்தார்.

"ராகலைக்காரர் மேலால ஒரு சதம் தரமாட்டாரு. நான் கொழும்புக்குத்தான் போகணும் போல" என்றாள் அவள் மெதுவாக. "ஒரு பொத்தான்தான் மாமா. வெட்டிரவா?"

"அடி ஆத்தே! அந்தச் சொல்லை வாயில எடுக்காத!" மாமா துள்ளி எழுந்தார். "அப்படியே வெட்டுனா நாளைக்கு ஹட்டன் டவுன்ல நான் நடமாட ஏலுமா? பொறு. நான் வீடு வீடாப் போய்ச் சொல்லிட்டு வாறேன். ஒவ்வொருத்தருக்கும் சொன்ன பிறகு நீ வெட்டு."

வெறுங்கையோடு போக முடியுமா? பொன்னாடை வாங்கினார்.

சிரிக்காதீர்கள். பேர் பதிகையில் மிச்சம் பிடித்த பொன்னாடையைப் பேர் வெட்டுகையில் போர்த்தினார்.

"நான் என்னா குத்தம் செஞ்சேன்?" என்றார் கோயில் தலைவர், கண் கலங்க.

"குத்தமில்ல தலைவரே, மரியாதை. குனிங்க" என்று போர்த்தினார் மாமா.

வினோஜன் லேசில் விடவில்லை. "மாமா, வேலைய விட்டு நிப்பாட்டுனா நட்ட ஈடு தரணும், தெரியும்தானே?"

"பொன்னாடைதான்டா ஈடு."

"அப்ப எனக்குச் செவப்புல தாங்க. ஆட்டோவுக்குப் பொருந்தும்."

கூடிப்போனால் பத்துப் பொன்னாடை என்று மதித்துப் போனவர் அதைப்போல இரண்டு பங்கு வாங்கினார். புருசனுக்குப் போர்த்தினால் பெஞ்சாதி முறைக்கிறாள், என்ன செய்ய? யாருடைய காசு என்று யோகேஸ்வரன் கேட்டான். எந்தக் கணக்கில் எழுதுவது என்றும் கேட்டான். "அது வேற" என்று மட்டும் சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனார் மாமா. அன்றும் அவருக்குப் பகல் சாப்பாடு பனிஸும் பிளேன்டீயும்தான்.

ராகலைக்கு மட்டும் போக முடியவில்லை. மண்சரிவென்று பாதை மூடியிருந்தது. இலவச மாதத்தின் கடைசி நாளும் வந்துவிட்டது. ஜீவராணி கடவுளை வேண்டிக்கொண்டு அந்தப் பெயரையும் எடுத்தாள். பாதை திறந்த அன்றே றம்ஸான் முதலாளி படியேறி வந்தார், கையில் போனோடு.

"என்ட பேர யாரு வெட்டின?"

ஜீவராணி எழுந்து நடந்ததையெல்லாம் ஒளிக்காமல் சொன்னாள். பொன்னாடை வரைக்கும் சொன்னாள். முதலாளி நாற்காலியில் உட்கார்ந்து, தொப்பியைக் கழற்றி, வயிறு குலுங்கச் சிரித்தார். பிறகு சிரிப்பை மடித்து வைத்துவிட்டுக் கேட்டார்: "செரி. இப்ப சொல்லுங்க. மாசம் எவ்வளவு போகும்?"

எல்லாரும் மாமாவைப் பார்த்தார்கள். மாமா கூரையைப் பார்த்தார். ஒற்றைக் கண் மூடியது. சுண்டுவிரல் வரைக்கும் வந்துவிட்டது. "கூடிப்…" என்றார்.

பிறகு வாயை மூடிக்கொண்டார். இதைவிடப் பெரிய விரதம் அவர் கந்தசஷ்டிக்கும் பிடித்ததில்லை.

"பிள்ளைகிட்ட கேளுங்க முதலாளி" என்றார்.

ஜீவராணி தொண்டையைச் சரிசெய்துகொண்டாள். "குறைஞ்சா பதினெட்டாயிரம், கூடினா இருபத்தேழாயிரம். ஆள் ஒண்ணு கூடினா இவ்வளவு ஏறும், டொலர் ஏறினா இவ்வளவு ஏறும். சோதிக்கிற மிஷினை வேலை முடிஞ்சதும் நிப்பாட்டிருவோம். ஒத்தத் தொகையாச் சொல்ல எனக்குத் தெரியலிங்க."

"மகள், போஞ்சிக்குக் காலையில ஒரு வெல, பகலைக்கி ஒரு வெல" என்றார் முதலாளி. "மழை வந்தா இன்னொரு வெல. வருசத்துக்கே ஒத்த வெல சொன்ன நேரமே எனக்குச் சந்தேகம். அத வேணாம்னு சொல்லத்தான் நான் வார இருந்த. இது செரி. வேலையத் தொடங்குங்க, அல்லாஹ்ட காவல்." எழுந்து கதவுவரை போனவர் திரும்பினார். "என்ட பொன்னாட எங்க?"

ஜீவராணி கொழும்புக்குப் போகவில்லை. காளியாயிக்குக் கண் வைத்தியமும் ஆனது. அதே பலகை, அதே மேகம், கணக்கு இப்போது அவள் கையில்.

இத்தனையும் கேட்டுவிட்டு, "நல்லவேளை, நான் அந்த இனமில்லை" என்று தலையாட்டுகிறீர்கள். நல்லது. முதல் மாதம் சும்மா என்று நீங்கள் சேர்ந்த எதுவும் உங்கள் போனில் இன்னும் ஓடிக்கொண்டிருக்கவில்லையே? இதை வாசிக்க எடுத்தபோது "கூடிப்போனா அஞ்சு நிமிசம்" என்று நினைத்துத்தானே அடுப்பில் பாலை வைத்தீர்கள்? போய் இறக்கி வைத்துவிட்டு வாருங்கள். ஒரு சங்கதி பாக்கி இருக்கிறது.

கொத்மலையில் மாமாவின் மகள் வீடு கட்டத் தொடங்கினாள். மதிப்புச் சொல்ல ஆள் வேண்டுமென்று அப்பாவையே அழைத்தாள், பாவம். கூடிப்போனால் மூன்று மாதம் என்று போனவர்தான், பிறகு அந்த மாடிப்படி ஏறவில்லை. வீட்டுக்கு இன்னும் கூரை போடவில்லையாம். அண்ணாந்து பார்க்கக் கூரையில்லாமல் எதை வைத்து மதிக்கிறாரோ தெரியவில்லை. இங்கே வேலைப் பலகைக்கு இன்றும் மாசாமாசம் ஓர் ஆளின் காசு அதிகமாகப் போகிறது. என்ன இது என்று யோகேஸ்வரன் கேட்டால், "கணக்குப் பிழைச்சிருச்சு, ஒண்ணு கூடிருச்சு" என்கிறாள் ஜீவராணி.

மாமா கொத்மலைக்குப் புறப்பட்ட அன்று பஸ் ஏற்றிவிட அவள்தான் போயிருந்தாள். பஸ் நகர்ந்த பிறகு மாமா ஜன்னல் வழியே தலையை நீட்டிக் கத்தினார்:

"ஜீவா! மாசம் பொறக்க முந்தி என் பேரை மறக்காம வெட்டிரு, மகள். சும்மா ஓடிக்கிட்டுக் கெடக்கப் போகுது. எனக்குப் பொன்னாடை எல்லாம் வேணாம்!"