மூன்றாவது பேஸில் ஒரு கைக்குட்டை

எனக்கு ஒரு வியாதி இருக்கிறது. 'சித்தெ தள்ளிக்குங்க' என்று யார் கேட்டாலும் தள்ளிக்கொள்வேன். பஸ்ஸில், கல்யாணப் பந்தியில், ரேஷன் கடை வரிசையில், ஏன், சொந்த வீட்டு சோபாவில்கூட. கேட்டவர் யார், எதற்குக் கேட்கிறார் என்று மூளை யோசிக்கத் தொடங்குவதற்கு முன்பே கால் நகர்ந்திருக்கும். கோயம்புத்தூரில் பிறந்து வளர்ந்தவர்களில் பாதிப் பேருக்கு இது உண்டு. ஆனால் இதனால் ஒரு அமெரிக்க விளையாட்டு வாழ்க்கையையே தொலைத்தவன் அநேகமாக நான் ஒருவன்தான்.

(அமெரிக்க விளையாட்டு வாழ்க்கை என்று நான் சொல்வதை என் வீட்டில் ஒருவரும் ஒப்புக்கொள்வதில்லை. அவர்கள் கிடக்கிறார்கள்.)

எஞ்சினியரிங் சேர்ந்த புதிதில் கல்லூரி கிரிக்கெட் அணித் தேர்வுக்குப் போய் நின்றேன். எனக்கு முன்னால் அறுபது பேர் நின்றார்கள். பி.டி. சார் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "உனக்கு பேஸ்பால் தெரியுமா?" என்றார்.

"தெரியாதுங்க சார்."

"எனக்கும் தெரியாது. நாளைக்குக் காலைல ஆறு மணிக்கு வந்துரு."

இப்படித்தான் நான் பேஸ்பால் வீரனானேன். எங்களிடம் ஏழு கிளவுஸ் இருந்தன. களத்தில் நிற்க வேண்டியது ஒன்பது பேர். மிச்சமிருக்கும் இரண்டு பேர், பந்து தங்கள் பக்கம் வந்துவிடக் கூடாது என்று குலதெய்வத்தை வேண்டிக்கொண்டு நிற்பார்கள். முதல் வருஷம் முழுவதும் அந்த இரண்டு பேரில் ஒருவனாக நான் நின்றேன்.

இரண்டாம் வருஷம் எனக்குப் பித்துப் பிடித்தது. அமெரிக்க ஆட்டங்களை போனில் பார்க்க ஆரம்பித்தேன். அங்கே கல்லூரியில் ஆடிக்கொண்டிருந்த ஒரு பையன் படிப்படியாக மேலே போய், கடைசியில் நாற்பதாயிரம் பேர் கத்துகிற மைதானத்தில் ஆடுகிறான். சரி, நமக்கும் அதுதான் வழி என்று முடிவு செய்தேன். கல்லூரி, பல்கலைக்கழகம், மாநிலம், இந்தியா, அப்புறம் அமெரிக்கா. மொத்தம் ஐந்தே படி. நான் ஏறியிருந்தது முதல் படியில் பாதி. இருந்தாலும் கடைசி நேரத்தில் அலைய வேண்டாமே என்று பாஸ்போர்ட் எடுத்து வைத்துவிட்டேன். அமெரிக்க வீரர்கள் எதையோ மென்றுகொண்டே ஆடுவார்கள். நானும் வறுத்த கடலையை மென்றுகொண்டு ஆடிப் பார்த்தேன். ஓடும்போது புரையேறியதால் அதை மட்டும் விட்டுவிட்டேன்.

அப்பாவுக்குக் கோயம்புத்தூர் கணபதியில் சின்ன லேத் பட்டறை. மோட்டார் பம்புக்கு ஷாஃப்ட் கடைந்து கொடுப்பார். மூன்றாம் வருஷம் எனக்கு இரண்டு பேப்பர் போனதும், மறுநாள் காலையில் என்னைக் கூப்பிட்டு உட்கார வைத்தார்.

"இந்த வருசம் யுனிவர்சிட்டி டீமுல உங்க பேரு வந்துச்சுன்னா, நீங்க எங்க வேணாலும் போய் ஆடுங்க. நான் ஒண்ணுஞ் சொல்ல மாட்டேன். வரலீன்னா, படிப்ப முடிச்சுப்போட்டு பட்டறைக்கு வந்துரோணும். சரிதானுங்களா?"

(எங்கள் வீட்டில் அப்பா கோபப்பட்டால் பிள்ளைகளுக்கும் 'ங்க' போடுவார். மரியாதை கூடக் கூட நாங்கள் வாசல் பக்கம் பார்க்க ஆரம்பிப்போம்.)

"சரிங்ப்பா" என்றேன்.

பல்கலைக்கழக அணிக்கு ஆள் எடுப்பது கல்லூரிகளுக்கு இடையிலான இறுதி ஆட்டத்தில். நாங்கள் எப்படியோ இறுதி ஆட்டம்வரை வந்துவிட்டோம். எதிரணி சத்தியமங்கலம் பக்கத்துக் கல்லூரி. அன்றைக்கு அப்பா பட்டறையைப் பூட்டிவிட்டு, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு ஆட்டம் பார்க்க வந்தார். அதற்கு முன் அவர் என்னைக் களத்தில் பார்த்ததே இல்லை. அம்மா வரவில்லை. அதற்குப் பதிலாக, நீல நூலில் என் பேரின் முதலெழுத்துப் போட்ட ஒரு கைக்குட்டையை இஸ்திரி போட்டுக் கொடுத்தாள். "நாலு பேரு பாக்கற எடம் கண்ணு. மூக்க சட்டைல தொடைக்காத."

மைதானத்து ஓரத்தில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் செலக்டர் அட்டையும் பேனாவுமாக உட்கார்ந்திருந்தார். முதல் மூன்று முறை நான் பேட் பிடித்தபோதும் பந்து எப்போது போனது என்றே எனக்குத் தெரியவில்லை. செலக்டரின் பேனாவும் அசையவில்லை. கடைசி இன்னிங்ஸ் வந்தது. நாங்கள் ஒரு ரன் பின்னால். எங்களில் இரண்டு பேர் அவுட். பேஸ்பாலில் மூன்று அவுட்தான் கணக்கு; இன்னும் ஒருவர் அவுட்டானால் ஆட்டம் முடிந்தது. அந்த ஒருவராக நான் நடந்து போனேன்.

கண்ணை மூடிக்கொண்டு பேட்டை வீசினேன். இன்றைக்கும் என் கையில் அந்த அதிர்வு இருக்கிறது. பந்து இரண்டு பேருக்கு நடுவில் பறந்து, வேலியோரத்து வேப்பமரம் வரைக்கும் உருண்டது. ஓடினேன். முதல் பேஸ், இரண்டாவது பேஸ், நிற்கவில்லை. மூன்றாவது பேஸுக்குப் பத்தடி இருக்கும்போது வீடியோவில் பார்த்தபடி சறுக்கிப் பாய்ந்தேன். பேன்ட் முட்டியிலிருந்து கீழே கிழிந்தது. புழுதி அடங்கியபோது என் கால் பேஸ் மேல் இருந்தது. அம்பயர் இரண்டு கையையும் விரித்தார். அவுட் இல்லை.

எழுந்து நின்று பார்த்தேன். செலக்டர் பி.டி. சாரிடம் ஏதோ கேட்கிறார். சார் என்னைக் கை காட்டுகிறார். செலக்டரின் பேனா அசைகிறது! அந்தப் பக்கம் அப்பா எழுந்து நின்று, பக்கத்தில் இருந்த யாரோ ஒருவரிடம் "எங்க பையனுங்க" என்று சொல்லிக்கொண்டிருந்தார். அவருக்கு விளையாட்டில் ஒரு விதியும் தெரியாது. கை மட்டும் தட்டிக்கொண்டே இருந்தார். என் வாழ்க்கையில் அதற்குச் சமமான நிமிஷம் வேறு இல்லை. நாலு பேஸையும் சுற்றினால் ஒரு ரன்; இன்னும் ஒரு பேஸ்தான். நான் அதைத் தொட்டால் ஆட்டம் சமன். பேர் பட்டியலில். அப்புறம் மூன்றே படி.

மூன்றாவது பேஸில் நின்றிருந்த எதிரணிப் பையன் என்னைவிடச் சின்னவன். ஒல்லியாக, எண்ணெய் வைத்துச் சீவிய தலையோடு இருந்தான். பேர் தாமோதரன் என்று பிற்பாடு தெரிந்தது.

"ஏனுங்ணா, அடி கிடி பட்டுருச்சுங்களா?" என்றான்.

"இல்லீங்க, போச்சாதுங்க" என்றேன். (போச்சாது என்றால் எங்கள் ஊரில் 'பரவாயில்லை'.)

"சூப்பரா அடிச்சீங்ணா. நான் இந்த மாதிரிப் பாத்ததே இல்லீங்க."

எதிரணிக்காரன் இப்படிச் சொன்னால் யாருக்குத்தான் மனசு இளகாது? சிரித்தேன். அவனும் சிரித்தான். பிறகு கீழே பார்த்தான்.

"ஏனுங்ணா, பேஸ் மேல ஒரே மண்ணா இருக்குதுங்க. சித்தெ தள்ளிக்கிட்டீங்கன்னா தட்டி உட்டர்றேனுங்க."

(விதி தெரியாதவர்களுக்கு: பேஸ் என்பது தரையில் அடித்து வைத்த ஒரு சின்ன மெத்தை. கால் அதன் மேல் இருக்கும்வரை உங்களை யாரும் ஒன்றும் செய்ய முடியாது. காலை எடுத்த நேரத்தில், பந்து வைத்திருப்பவன் உங்களைத் தொட்டால் நீங்கள் அவுட். இவ்வளவுதான். முதல் நாள் பயிற்சியில் சொல்லித் தருவது.)

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். இதே தந்திரத்தை நான் வீடியோவில் பார்த்திருக்கிறேன். ஏமாந்த அமெரிக்கனைப் பார்த்து, இவ்வளவு மடையனா என்று விழுந்து விழுந்து சிரித்திருக்கிறேன். ஆனால் அந்த அமெரிக்கனிடம் யாரும் 'ஏனுங்ணா' என்று கேட்டிருக்க மாட்டார்கள்.

நகர்ந்தேன். ஒரு அடி அல்ல, தாராளமாக இரண்டு அடி. அதோடு விட்டேனா? அந்த மண்ணெல்லாம் நான் சறுக்கிக் கொட்டியது. பாவம், பையன் வெறுங்கையால் தட்டப் போகிறானே என்று பாக்கெட்டிலிருந்து அம்மா கொடுத்த கைக்குட்டையை எடுத்து, "இந்தாங்க, இதுல தொடைங்க" என்று நீட்டினேன்.

"ரொம்ப தேங்ஸுங்ணா" என்று வலது கையால் வாங்கிக்கொண்டான். இடது கையில் மாட்டியிருந்த கிளவுஸால் என் தோளை மெதுவாகத் தொட்டான். கிளவுஸுக்குள் பந்து இருந்தது. வேப்பமரத்தடியிலிருந்து எறிந்த பந்து நேரே அவனிடம்தான் வந்திருக்கிறது. நான் அப்பாவைப் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில் அவன் அதை, அடுத்து வீச வேண்டிய பிட்சரிடம் கொடுக்காமல் வைத்துக்கொண்டிருக்கிறான்.

"மன்னிச்சுக்குங்ணா. அவுட்டுங்க."

அதற்கு நான் என்ன சொன்னேன் தெரியுமா? "பரவால்லீங்க" என்றேன்.

அம்பயரின் கை மேலே போனது. சத்தியமங்கலத்துப் பையன்கள் ஓடி வந்து தாமோதரனைத் தூக்கிக்கொண்டார்கள். பி.டி. சார் தொப்பியைத் தரையில் அடித்துவிட்டு என்னிடம் வந்தார்.

"ஏன்டா நகுந்தே?"

"கேட்டாருங்க சார்."

"பேட்டக் கேட்டா பேட்டையும் குடுத்துருவியா?"

குனிந்து அவர் தொப்பியை எடுத்துக் கொடுத்தேன். கொடுத்திருப்பேனோ என்று யோசித்துக்கொண்டிருந்தேன்.

அப்பாவின் மொபெட்டில் பின்னால் உட்கார்ந்து வீட்டுக்கு வரும்போது அழுகை வந்துவிட்டது. கைக்குட்டையைத் தேடினேன். அது தாமோதரனோடு போய்விட்டிருந்தது. சட்டையில் துடைத்துக்கொண்டேன். வழியில் ஒரு பேக்கரியில் அப்பா வண்டியை நிறுத்தி, இரண்டு டீயும் தேங்காய் பன்னும் சொன்னார். நல்லாத்தானே ஆடிக்கொண்டிருந்தாய், திடீரென்று ஏன் எல்லாரும் கிளம்பிவிட்டார்கள் என்று கேட்டார். தலையைக் குனிந்துகொண்டு நடந்ததைச் சொன்னேன்.

"அந்தப் பையன் தள்ளிக்கச் சொல்லிக் கேட்டானா?"

"ஆமாங்ப்பா."

"மொறையாக் கேட்டானா?"

"ரொம்ப மொறையாக் கேட்டானுங்க."

அப்பா டீ கிளாஸைக் கீழே வைத்தார். திட்டப் போகிறார் என்று நினைத்தேன். தோள் குலுங்கியது. பிறகு சத்தம் வந்தது. கண்ணில் தண்ணீர் வரும்வரை, பேக்கரியில் இருந்த அத்தனை பேரும் திரும்பிப் பார்க்கும்வரை சிரித்தார். மூச்சு வந்ததும் என் முதுகில் தட்டி, "போச்சாது உடு. நானா இருந்தாலும் நகுந்துருப்பேன் கண்ணு" என்றார். பன்னைப் பிய்த்து என் கையில் கொடுத்துவிட்டு, "ஆனா அடுத்த தடவ யாராச்சும் கேட்டா, மொதல்ல பந்தக் காட்டச் சொல்லு" என்றார். அந்த நிமிஷத்தில் அவர்மேல் எனக்கு வந்த பிரியம் இன்றுவரை குறையவில்லை.

வீட்டுக்கு வந்ததும் அம்மா கேட்டது ஒரே கேள்வி. "கர்ச்சீப் எங்கீடா?"

பட்டியல் வந்தது. அதில் முதல் பேர் தாமோதரன். என் பேர் இல்லை. பேச்சு மாறாமல் படிப்பை முடித்துவிட்டுப் பட்டறைக்குப் போனேன். தாமோதரனோ பல்கலைக்கழக அணி, மாநில அணி என்று ஏறி, கடைசியில் இந்தியச் சட்டை போட்டுக்கொண்டு வெளிநாட்டுக்கும் போய் ஆடினான். ஒவ்வொரு முறையும் பேப்பரில் ஒரு மூலையில் இரண்டு வரி வரும். பட்டறையில் நின்றபடி படிப்பேன். பொறாமைதான், பொய் சொல்ல மாட்டேன். என் பாஸ்போர்ட் ஒரு முத்திரைகூட வாங்காமல் காலாவதியானது.

ஆனால் 'பந்தக் காட்டச் சொல்லு' எங்கள் வீட்டில் தங்கிவிட்டது. கிரெடிட் கார்டு வேண்டுமா என்று போனில் ஒரு பெண் குழைந்து பேசினால் அம்மா அதைத்தான் சொல்வாள். நான் பெண் பார்க்கப் போன இடத்தில், பெண்ணின் மாமா "சித்தெ அந்தச் சேர்ல மாறி உக்காந்துக்குங்க மாப்ள" என்றபோது அப்பா கூடத்தின் அந்தப் பக்கத்திலிருந்து பலமாக இருமினார். என் மனைவிக்குக் கல்யாணமான மூன்றாம் நாள் கதை தெரிந்தது. நான்காம் நாளே அவளும் சொல்ல ஆரம்பித்துவிட்டாள்.

போன மாதம் ஒரு சாயங்காலம். நான் லேத்தில் நிற்கிறேன். அப்பா வழக்கம்போல ஓரத்து நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். வாசலில் ஒரு கார் நின்றது. லேசான தொப்பையோடு ஒருவர் இறங்கி வந்தார். எண்ணெய் வைத்துச் சீவிய தலை. எனக்குப் பார்த்தவுடன் தெரிந்துவிட்டது. அவனுக்கு என்னைத் தெரியவில்லை.

"ஏனுங், இரும்பு ஆணி கொஞ்சம் கடஞ்சு குடுப்பீங்களா? பசங்களுக்கு பேஸ்பால் கோச்சிங் குடுக்கறேனுங்க. தரையில பேஸ அடிச்சு வெக்கறதுக்குங்க. எத்தன தடவ சறுக்குனாலும் நகராம நிக்கோணும்."

நான் ஒன்றும் காட்டிக்கொள்ளாமல் அளவு வாங்கிக்கொண்டு ஒரு ஆணியை லேத்தில் ஓட விட்டேன். அவன் எட்டி எட்டிப் பார்த்தான்.

"சித்தெ தள்ளிக்கிட்டீங்கன்னா பாத்துக்குவேனுங்க."

நகர்ந்தேன். வேறென்ன செய்வேன்?

"டேய் கண்ணு!" நாற்காலியிலிருந்து அப்பா கத்தினார். "மொதல்ல பந்தக் காட்டச் சொல்லு!"

தாமோதரன் திடுக்கிட்டான். அப்பாவைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். மெதுவாக அவன் முகம் சிவந்தது. இரண்டு கையையும் விரித்துக் காட்டி, "இன்னைக்கு இல்லீங்க" என்றான்.

அப்பா விடவில்லை. "அது சரிங்க தம்பி. கர்ச்சீப் எங்கீங்க?"

தாமோதரன் காருக்குப் போனான். ஒரு பழைய விளையாட்டுப் பையைத் துழாவி எடுத்துக்கொண்டு வந்தான். வெளுத்துப்போன கைக்குட்டை. ஓரத்தில் நீல நூல் அப்படியே இருந்தது.

"அன்னைக்கு நான் கைக்கு வந்த ரெண்டு கேட்ச உட்டிருந்தேனுங்ணா. நீங்க நகுந்திருக்காட்டி லிஸ்ட்டுல என்ற பேரு வந்தே இருக்காதுங்க. அதுக்கப்பறம் எந்த மேட்சுக்கும் இது இல்லாம நான் போனதில்லீங்க. பிளேன்லகூட வந்துருக்குதுங்க."

கைக்குட்டையை வாங்கிப் பார்த்தேன். ஐந்து படியில் நான்கை அது ஏறியிருக்கிறது. நான் வைத்திருந்தால் கணபதியைத் தாண்டியிருக்காது.

வீட்டில் விஷயத்தைச் சொன்னதும் அம்மா கையை நீட்டினாள். "எங்க, குடு. தொவைக்கறேன்."

"அவரையே வெச்சுக்கச் சொல்லிட்டேங்ம்மா."

"ஏன், கேட்டானா?"

"இல்லீங்க. கேக்கலை."

"கேக்காமயே குடுத்துப்போட்டு வந்துட்டியா?" அம்மா தலையில் கை வைத்துக்கொண்டாள். என் மனைவி அடுப்பை அணைத்துவிட்டு வந்து சிரிக்க ஆரம்பித்தாள்.

அப்பா தட்டிலிருந்து நிமிரவே இல்லை. "போச்சாது உடு" என்றார். "நானா இருந்தாலும் குடுத்துருப்பேன்."