அழுகண்ணிக்கு மழைத்தண்ணி ஆகாது

அந்த மூன்று செடிகளையும் ஒழித்துக்கட்டுவது என்று முடிவெடுத்தேன். இதைக் கொலை என்று யாரும் சொல்லக்கூடாது. தற்காப்பு. முதலில் கை வைத்தது அவைதான்.

கை வைத்தது என் ஜன்னலில்.

நான் ஓர் அச்சகத்துக்குப் பிழை திருத்துகிறவன். வீட்டிலேயே உட்கார்ந்து திருத்துகிறேன். எங்கள் வீட்டில் ஜன்னல்களுக்குக் குறைவில்லை, வெளிச்சத்துக்குத்தான் குறைவு. மற்ற ஜன்னல்கள் பக்கத்துக் கட்டடத்தின் சுவரைப் பார்த்துக்கொண்டு சும்மா நிற்கின்றன. வெயில் வருகிற ஒரே ஜன்னலை ஒட்டி என் மேசை. இந்த வீட்டில் என் ஆட்சிக்கு உட்பட்ட பகுதி அது மட்டும்தான். மற்ற அறைகளில் எனக்குக் குடியுரிமை உண்டு. வாக்குரிமை கிடையாது.

அண்ணன் வீட்டுக்குப் போய்த் திரும்பிய என் மனைவி, அந்த ஜன்னலில் மூன்று தொட்டிகளை வரிசையாக வைத்தாள்.

"என்ன இது?"

"அண்ணி குடுத்தாங்க. பூச்சி பிடிக்கிற செடி."

"பூச்சிக்குப் பிடிக்கலாம். எனக்குப் பிடிக்கலையே."

"உங்களை யாரு பிடிக்கச் சொன்னா? செடி பிடிக்கும். பிடிச்சுத் தின்னும்."

"செடி அசைவமா?"

"ஆமா, அசையவும் செய்யும். பாருங்க."

பார்த்தேன். முதலாவது ஈப்பொறி. இலையின் நுனியில் ஒரு வாய், வாயைச் சுற்றி இமைமயிர் மாதிரிப் பற்கள். ஈ வந்து உள்ளே இருக்கிற முடியை ஒரு தடவை தொட்டால் பொறுத்துக்கொள்ளும். உடனே இன்னொரு தடவை தொட்டால் வாயை மூடிவிடும். என் மனைவியின் பொறுமையும் கிட்டத்தட்ட இதே அளவுதான். என்ன, இரண்டாவது தடவை இவள் வாயைத் திறப்பாள்.

இரண்டாவது குடுவைச்செடி. இலை நுனியில் மூடி போட்ட குடுவை தொங்கும். உள்சுவர் வழுக்கும். அடியில் கொஞ்சம் தண்ணீர். விழுந்த எறும்பு அதிலேயே ஜீரணமாகும். மூன்றாவது, மண்ணோடு மண்ணாக ஒட்டிக்கொண்டு, சட்டைப் பொத்தான் அளவில் இருந்தது. அதன் இலையெல்லாம் முடி, முடி நுனியெல்லாம் பிசின் துளி. அந்தத் தொட்டியில் ஒரு சீட்டுச் செருகியிருந்தது. 'அழகண்ணி' என்று எழுதியிருந்தது. நான் சிவப்புப் பேனாவை எடுத்து 'ழ'வை 'ழு' ஆக்கினேன்.

"அதுல எதுக்குக் கை வச்சீங்க?"

"உகரம் விட்டுப்போச்சு. கண்ணீர் மாதிரி துளி நிக்குது பாரு, அதனால அழுகண்ணி."

"எங்க அண்ணி கையால எழுதினது. அழகண்ணின்னே இருக்கட்டும்."

"அழகு அண்ணின்னு ஆயிடும்."

"அதுல என்ன பிழையைக் கண்டீங்க?"

போட்ட உகரத்தை நானே அடித்தேன்.

அதோடு போயிருந்தால் இந்தக் கதை இல்லை. பூச்சி பிடிக்கும் செடி வந்த பிறகுதான் எங்கள் வீட்டுக்குப் பூச்சியே வந்தது. ஜன்னலில் ஒரு கொசுவலை இருந்தது. அதைக் கழற்றிவிட்டாள். ஏன் என்று கேட்டேன். "சாப்பாடு வர வழி வேணாமா?" என்றாள். நான் சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தபோதுகூட இவ்வளவு கரிசனத்தை நான் பார்த்ததில்லை. வந்த பூச்சிகளில் பாதி செடிக்குப் போயின. மீதிப் பாதி என் தாள்மேல் உட்கார்ந்தன. செடிக்கு நாகரிகம் இருக்கிறது, வயிறு நிறைந்தால் விட்டுவிடுகிறது. பூச்சிக்கு அதுவும் இல்லை.

ஒரு கல்யாணப் பத்திரிகை திருத்தத்துக்கு வந்தது. மாப்பிள்ளையின் பெயருக்கு முன்னால் 'செல்வன்'. பார்த்தேன், படித்தேன், சரி என்று கையெழுத்துப் போட்டு அனுப்பினேன். அச்சாகி ஊரெல்லாம் போன பிறகு தெரிந்தது, 'ல்' மேல் இருந்தது புள்ளி இல்லை. கொசு. அது என் மேசையிலேயே பறந்துபோய்விட்டது. அச்சில் வந்தது 'செலவன்'.

பெண்ணின் தகப்பனார் அச்சகத்துக்கு நேரில் வந்தாராம். "செலவன்னு முன்கூட்டியே சொல்லியிருந்தா நான் வேற எடம் பாத்திருப்பேனே" என்றாராம். அச்சக முதலாளி என்னைக் கூப்பிட்டார்.

"ஐயா, இன்னொரு தடவை இப்படி ஆச்சுன்னா நான் வேற ஆளைப் பாத்துக்குவேன். கண்ணாடிய மாத்துங்க, இல்ல எடத்தை மாத்துங்க."

நான் ஏன் இடத்தை மாற்ற வேண்டும்? பிறந்ததிலிருந்து ஓர் எழுத்தைக்கூடப் படிக்காத மூன்று தொட்டிகள் மாறட்டும். மனைவியிடம் நியாயத்தை எடுத்துச் சொன்னேன்.

"இதை வேற ஜன்னல்ல வையேன்."

"அங்கெல்லாம் காத்து வராதுங்க."

"எனக்கும்தான் காத்து வேணும்."

"உங்களுக்கு ஃபேன் இருக்கு. செடி எழுந்து போய் சுவிட்சைப் போடுமா?"

என் பிழைப்பே போகும் என்று சொன்னேன். "பூச்சிக்கும் புள்ளிக்கும் வித்தியாசம் தெரியாம என்ன பிழைப்பு?" என்றாள். அந்த இடத்தில்தான் முடிவெடுத்தேன். தூக்கி எறிவதற்கு வேண்டிய துணிச்சல் என்னிடம் இல்லை. ஆகவே அவை இயற்கையாகச் சாக வேண்டும். எப்படிச் சாகும் என்பது மட்டும்தான் தெரியவில்லை.

தெய்வம் கண் திறந்தது. எங்கள் வீட்டுக்கு மேலே ஒரு பல் டாக்டரம்மா. முன்னறையில் வைத்தியம், பின்னறையில் குடித்தனம். வருகிறவர்களுக்கு டோக்கன் கொடுக்க ஓர் ஆள் கிடைக்கவில்லை என்பது அவருடைய நிரந்தரப் புலம்பல். மொட்டைமாடிச் சாவி அவரிடம்தான் இருக்கும். அன்று அவர் கீழே வந்து சமையலறையில் உட்கார்ந்து என் மனைவியிடம் பேசிக்கொண்டிருந்தார். நல்லவேளையாகக் கதவு திறந்திருந்தது. நான் தாளில் கண்ணை வைத்துக்கொண்டு காதை அங்கே அனுப்பினேன்.

"அக்கா, இந்த ஈப்பொறிக்குப் பல்லு என்ன வரிசையா இருக்கு. எனக்கு வேலையே இல்ல போங்க. வளக்கறது கஷ்டமா?"

"ரொம்பக் கஷ்டம் டாக்டரம்மா. மழைத்தண்ணி ஒரு சொட்டுப் படக்கூடாது. பட்டா செத்துடும். குழாய்த்தண்ணிதான் ஊத்தணும்."

"வெயில்?"

"வெயில் பட்டா பொசுங்கிடும். நல்லவேளை, இவர் ஜன்னலை அடைச்சு மேசையப் போட்டு உக்காந்திருக்கார். இவர் நிழல்லதான் அது உசிரோட இருக்கு."

"தட்டுல தண்ணி நிக்கலாமா?"

"ஐயோ, வேர் அழுகிடும். அப்புறம் உரம் வைக்கலேன்னா பட்டினியாச் செத்துடும். ஒரு மூட்டை வாங்கி வச்சிருக்கேன். முக்கியமா, தினமும் பென்சிலால அந்த வாயக் குத்திக் குத்தி மூட வைக்கணும். அப்பதான் அதுக்குப் பசி எடுக்கும். இவர் விளையாட்டுக்குக் குத்திக்கிட்டே இருக்கார், புண்ணியமாப் போச்சு."

எனக்கு உடம்பெல்லாம் சூடாகியது. எதிரியைக் காப்பாற்றிக்கொண்டிருந்தவனே நான்தானா? என் நிழலில் வாழ்ந்துகொண்டு என் வேலைக்கே உலை வைத்திருக்கின்றன. அந்த நிமிடமே பென்சிலை இழுப்பறைக்குள் போட்டுப் பூட்டினேன். உர மூட்டையைப் பரணில் ஏற்றி, அதன்மேல் பழைய மெத்தையைப் போட்டேன்.

அடுத்தது மழைத்தண்ணீர். மழைக்காலம்தான். வாளியோடு படியேறிப் போய் மொட்டைமாடிச் சாவியைக் கேட்டேன். கொட்டுகிற மழையில் ஒரு மனிதன் வாளியோடு வந்து சாவி கேட்டால், பல் டாக்டராக இருந்தாலும் தலையைச் சோதித்துப் பார்க்கத் தோன்றும். இவர் எதுவும் கேட்கவில்லை. ஆனாலும் நானே சொன்னேன்.

"முகம் மழிக்க. மழைத்தண்ணி தோலுக்கு நல்லதாம்."

"ரொம்ப நல்லது சார். ஒரு வாளி போதுமா? இந்தாங்க புனல். இந்தப் பெரிய கேன்ல ஊத்தி மூடி வச்சா மழை நின்ன பிறகும் ஆகும்."

எவ்வளவு நல்ல மனுஷி என்று நினைத்தேன். மழை பெய்கிற நாளெல்லாம் நனைந்தேன். கேன்கள் கட்டிலுக்கு அடியில் நிறைந்தன. மனைவி குளிக்கப் போகிற நேரம் பார்த்து, தொட்டிகளுக்கு மழைத்தண்ணீரை ஊற்றி, தட்டிலும் நிற்கவிட்டேன். குளியலறையில் அவள் பாடுவது கேட்கும். அதற்கு முன்னால் அவள் பாடி நான் கேட்டதில்லை.

கடைசியில் வெயில். அதற்கு மேசை நகர வேண்டும். ஜன்னலைவிட்டு இழுத்துக்கொண்டுபோய், சமையலறைக்கும் குளியலறைக்கும் இடையில் இருக்கிற இடைவழியில் போட்டேன். அங்கே பகலிலும் விளக்கு வேண்டும்.

"ஏங்க, அங்க ஒரே இருட்டா இருக்கே."

"பரவாயில்ல. உன் செடிக்குக் காத்து வரட்டும்."

"எனக்காகவா?"

"பின்ன யாருக்கு?"

அவள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். எனக்கே என் தியாகம் பெரிதாகத் தெரிந்தது. கொஞ்ச நாள் இருட்டு; செடிகள் செத்ததும் ஜன்னல் மறுபடி என்னுடையது. ஒரு சேனாபதியின் பொறுமையோடு காத்திருந்தேன்.

விஷம் வேலை செய்தது. ஈப்பொறியின் வாய்கள் உள்பக்கம் சிவந்துகொண்டே வந்தன. வெந்துவிட்டது என்று குறித்துக்கொண்டேன். குடுவைச்செடியில் புதுப்புதுக் குடுவைகள் வீங்கின. நீர் கோத்துவிட்டது. ஈப்பொறியின் நடுவிலிருந்து நெட்டையாக ஒரு தண்டு கிளம்பி, உச்சியில் வெள்ளைப் பூ பூத்தது. போகிற உயிரின் கடைசி ஆசை. மனைவி தினமும் பக்கத்தில் நின்று பெருமூச்சு விட்டாள். "என்னமோ ஆகுதுங்க இதுக்கெல்லாம்" என்றாள். நானும் கூடவே ஒன்று விட்டேன்.

மறைக்காமல் இன்னொன்றையும் சொல்ல வேண்டும். ஒரு காலையில் அழுகண்ணியின் முன்னால் நின்றுவிட்டேன். வெயில் சாய்வாக விழுந்தது. ஒவ்வொரு சிவந்த முடியின் நுனியிலும் ஒரு துளி. காற்று அடிக்கிறது, துளி விழவில்லை. வெயில் ஏறுகிறது, துளி உலரவில்லை. எதற்காகவோ அழத் தொடங்கி, எதற்காக என்பதை மறந்தபின்னும் கண்ணைத் துடைக்காமல் இருப்பவள் போல இருந்தது. கொஞ்சம் குழாய்த்தண்ணீர் ஊற்றிக் காப்பாற்றிவிடலாமா என்றுகூட எண்ணினேன். குவளையை நிரப்பிக்கொண்டு இரண்டடி நடந்தேன். அதற்குள் 'செலவன்' ஞாபகம் வந்தது. தண்ணீரை நானே குடித்துவிட்டேன்.

இப்படி இருக்கையில் மனைவியின் அண்ணி வந்து இறங்கினார். வந்தவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் ஜன்னலுக்கு நேரே போனார். துக்கம் கேட்க வந்தவன் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு நானும் பின்னால் போனேன்.

"அக்கா, நம்ம கையில என்ன இருக்கு" என்று தொடங்கினேன்.

"தம்பி, உங்க கையிலதான் எல்லாம் இருக்கு" என்றார் அவர். "எங்க வீட்டுல இது இப்படிச் சிவந்ததே இல்ல. சிவப்பு வந்தா வெயில் போதுதுன்னு அர்த்தம். ஈப்பொறி பூத்திருக்கு, குடுவை இத்தனை வந்திருக்கு. குழாய்த்தண்ணி பட்டிருந்தா அதுல இருக்கிற உப்புக்கே இந்நேரம் போயிருக்கும். இவ்வளவு மழைத்தண்ணிய யாரு சுமந்தாங்க?"

"எல்லாம் இவர்தான் அண்ணி" என்றாள் என் மனைவி. "மழையில நனைஞ்சு, படி ஏறி எறங்கி. நான் சொல்லக்கூட இல்ல."

"உரம்?" என்றேன். என் கண் பரணுக்குப் போயிற்று.

"உரம் வச்சா வேர் கருகிடும் தம்பி. ஒன்னும் இல்லாத சேத்து நெலத்துல பொறந்தது இது. மண்ணு குடுக்காததைத்தான் பூச்சிகிட்ட எடுத்துக்குது. தட்டுல தண்ணி நின்னாதான் அதுக்குச் சொந்த ஊர்ல இருக்கிற மாதிரி. அந்த வாயைக் குச்சியால சீண்டாம விட்டீங்க பாருங்க, அதுதான் பெரிசு. சும்மா சும்மா மூடித் தெறந்தா களைச்சுப்போய் அந்த இலையே செத்துடும்."

அண்ணி கைகழுவப் போனதும் நான் மனைவியைப் பிடித்துக்கொண்டேன்.

"மழைத்தண்ணி ஆகாதுன்னு சொன்னியே?"

"யாருகிட்ட சொன்னேன்?"

"டாக்டரம்மாகிட்ட."

"டாக்டரம்மாகிட்ட சொன்னது உங்களுக்கு எப்படித் தெரியும்? அப்படியே தெரிஞ்சிருந்தா, அப்புறம் எதுக்கு மழைத்தண்ணி ஊத்தினீங்க?"

பிழை திருத்துகிறவனுக்கு ஒரு வாக்கியத்தில் பிழை இல்லை என்றால் உடனே தெரிந்துவிடும். வாயை மூடிக்கொண்டேன். ஒருமுறை தொட்டதற்கே.

அண்ணி திரும்பி வரும்போது இடைவழியில் நின்று, என் மேசையையும் அதன்மேல் எரிகிற விளக்கையும் பார்த்தார்.

"அடடா, என்ன அருமையான நிழல். காட்டுப்பூ கொஞ்சம் வச்சிருக்கேன். பெரிய மரத்தடியில மொளைக்கிறது, வெளிச்சமே பிடிக்காது. இந்த எடம் அதுக்குன்னே செஞ்ச மாதிரி இருக்கு. மேசையத்தான் எடுக்கணும்."

"இவர் தப்பா நினைக்கமாட்டார் அண்ணி" என்றாள் மனைவி. "செடின்னா உசிரு இவருக்கு."

ஜன்னலும் போயிற்று, இடைவழியும் போயிற்று. ஆனால் நான் பாடம் கற்றுக்கொண்டேன். இனி இவள் ஆகாது என்றால் ஆகும் என்று பொருள். இந்த ஒரு சூத்திரம் போதும், மிச்ச வாழ்க்கையை ஓட்டிவிடலாம். மறுநாளே அதற்கு வாய்ப்பு வந்தது. சமையலறையில் டாக்டரம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

"இவர் எங்க வேணா உக்காந்து திருத்தட்டும், உங்க வாசல்ல அந்த மாடிப்படி திருப்பத்துல மட்டும் உக்காரவே கூடாது. அங்க வெளிச்சம் கண்ணைக் கூசும். பூச்சி வேற எக்கச்சக்கம்."

நான் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டேன். போய்ப் பார்த்தேன். பளிச்சென்று பகல் வெளிச்சம், ஒரு கொசுகூட இல்லை. யாரையும் உதவிக்குக் கூப்பிடாமல் மேசையைத் தனியாளாகத் தூக்கிக்கொண்டு படியேறினேன்.

இறக்கி வைத்து நிமிர்ந்தபோது, டாக்டரம்மா ஒரு கட்டு டோக்கனை அதன்மேல் வைத்து, "ஒன்னாம் நம்பர்ல இருந்து குடுங்க சார்" என்றார்.